அப்பாவின் பகல் தூக்கமும் அம்மாவின் பழுப்பு நிறமும்

அன்று காலை தேங்காய்ச் சட்னி பழுப்பாக இருந்தது. வாயில் வைத்ததும் பல்லிடுக்கில் நறநறவென்று ஏதோ கடிபட்டது. நனைந்து காய்ந்த மண்ணைப் போல ஒரு வாசனை மூக்குக்கு ஏறியது. நான் அம்மாவைப் பார்த்தேன். "கடுகு கொஞ்சம் கருகிப்போச்சு" என்று சொல்லிவிட்டு, அம்மா என் முகத்தைப் பார்க்காமல் தோசையைத் திருப்பினாள். நைட் ஷிப்ட் முடித்து வந்து எனக்கு எதிரே உட்கார்ந்திருந்த அப்பாவோ, எட்டு மணி நேரம் சுரங்கத்துத் தூசியைத் தின்ற நாக்குக்கு ஒரு வித்தியாசமும் தெரியாமல், ஏழு தோசைகளை அந்தச் சட்னியோடு சாப்பிட்டு முடித்து, "இன்னிக்கி சட்னி நல்லா இருந்துச்சி" என்று வேறு சொல்லிவிட்டுப் படுக்கப் போனார். அதில் கலந்திருந்தது நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி. அம்மா அதை முதல் நாள் மிக்ஸியில் போட்டு அரைத்திருந்தாள். எவ்வளவு கழுவியும் ஜாரின் அடியில் கொஞ்சம் மிச்சம் இருந்துவிட்டது.

நான் அப்போது ஏழாம் வகுப்பு. எங்கள் குவார்ட்டர்ஸில் இரண்டு அறைகள், ஒரு சமையலறை, பின்னால் ஒரு முருங்கை. அப்பா கோவிந்தசாமி காடாம்புலியூர்ப் பக்கத்து முந்திரிக்காட்டு மனிதர். சுரங்கத்துக்காக எடுத்துக்கொள்ளப்பட்ட தோப்புக்குப் பதிலாக வந்த "பர்மனெண்ட்" வேலையில், கரியை வெட்டும் ராட்சத இயந்திரம் ஒன்றின் மேல் உட்கார்ந்திருந்தார். அம்மா சரோஜா, மதுரையிலிருந்து வேலைக்கு வந்தவரின் மகள். டவுன்ஷிப்பிலேயே பிறந்து, டவுன்ஷிப் பள்ளியிலேயே படித்து, கல்யாணமாகி வேறொரு பிளாக்குக்கு மட்டும் குடிமாறி வந்தவள்.

அந்த வருஷம் பெண்கள் மன்றத்தில் ஓவிய வகுப்பு ஆரம்பித்தார்கள். சொல்லிக்கொடுக்க வந்தது நசீமா மிஸ். கடைத்தெருவில் படங்களுக்குச் சட்டம் போடும் கடைக்காரரின் மகள், கும்பகோணத்தில் ஓவியம் படித்துவிட்டு அப்போதுதான் திரும்பியிருந்தாள். வகுப்பில் சேர்ந்திருந்த அத்தனை பேரையும்விட வயதில் சின்னவள். தலையணை உறையில் ரோஜாப்பூ போடக் கற்றுக்கொள்ளலாம் என்று போன பதினெட்டுப் பேரையும் முதல் நாளே குகைக்குள் அழைத்துப் போய்விட்டாள். மனிதன் எழுதக் கற்பதற்கு முன்பே வரையக் கற்றான், விழுப்புரம் பக்கம் கீழ்வாலைப் பாறையில் செங்காவியால் அவன் போட்ட உருவங்கள் இன்னும் இருக்கின்றன என்று ஒன்றரை மணி நேரம் பேசினாளாம். மூன்றாவது வாரம் வகுப்பில் ஆறு பேர்தான் மிச்சம். அம்மா அந்த ஆறில் ஒருத்தி.

வகுப்பில் கேட்டதையெல்லாம் அம்மா சமையலறையில் நின்றபடியே எங்களுக்குச் சொல்வாள். குழம்பு கொதிக்கும் நேரத்தில் பல்லவர் காலம் முடிந்து, சோறு வடிக்கும்போது சோழர் காலம் வந்துவிடும்.

"தஞ்சாவூர்க் கோயில் சுவர்ல சுண்ணச்சாந்து ஈரம் காயறதுக்குள்ள வரைஞ்சு முடிக்கணுமாம். அப்பத்தான் நிறம் சுவருக்குள்ள இறங்கும். தப்பாப் போட்டா சாந்தையே பேத்து எடுத்துட்டு மறுபடியும் பூசணுமாம்."

"எங்க மைன்ஸ்ல தப்பு பண்ணா மெமோதான் குடுப்பான்" என்பார் அப்பா, அப்பளத்தை உடைத்துக்கொண்டே. குகை மனிதனைப் பற்றியும் அவருக்கு ஒரு கருத்து உண்டு. "அவனுக்கு ஷிப்ட் கெடையாது. உக்காந்துகினு வரைஞ்சான்."

எண்ணெய் வண்ணத்துக்கு வந்தபோதுதான் அம்மா மாறிப்போனாள். அது மெதுவாகக் காயும், அதனால் திருத்தித் திருத்திப் போடலாம், ஒரு நிறத்தை இன்னொன்றுக்குள் கரைய விடலாம் என்று நசீமா மிஸ் காட்டியிருக்கிறாள். "வெளிச்சத்தை வரைய முடியாதுக்கா. சுத்தி இருட்டை வரைங்க, வெளிச்சம் தானா வந்து உக்காரும்" என்றாளாம். அந்த இருட்டுக்குப் பழைய ஐரோப்பிய ஓவியர்கள் ஒரு பழுப்பு நிறம் வைத்திருந்தார்கள், அது மண்ணுக்கடியில் தோண்டியெடுத்த, நம் ஊர்க் கரியைப் போன்ற ஒன்றைப் பொடித்து எண்ணெயில் குழைத்தது என்றும் சொல்லியிருக்கிறாள்.

"நம்ம கரியா மிஸ்?" என்று அம்மா நாலு தரம் கேட்டாளாம்.

என் பள்ளி அறிவியல் கண்காட்சிக்கு வைத்த நிலக்கரிக் கட்டி ஒன்று, பெயர்ச்சீட்டு ஒட்டியபடி, எங்கள் ஷோகேஸில் தலையாட்டி பொம்மைக்குப் பக்கத்தில் இருந்தது. மறுநாள் பொம்மை மட்டும் தனியாகத் தலையாட்டிக்கொண்டிருந்தது. அதற்கும் மறுநாள்தான் அந்தச் சட்னி.

வகுப்பின் முடிவில் கண்காட்சி வைப்பதென்றும், ஆளுக்கு ஒரு மனிதரையாவது நேரில் பார்த்து வரைய வேண்டுமென்றும் மிஸ் சொல்லிவிட்டாள். அம்மா முதலில் என்னை உட்கார வைத்தாள். பத்து நிமிஷத்தில் எனக்கு மூக்கு அரித்தது, பதினைந்தாவது நிமிஷம் தாகம், இருபதாவது நிமிஷம் அழுகை. பக்கத்து வீட்டு அத்தையைக் கேட்டால், பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்து, படத்தில் தன்னைக் கொஞ்சம் ஒல்லியாகப் போடச் சொன்னாள். அசையாமல், பேசாமல், எப்படிப் போட வேண்டும் என்று யோசனை சொல்லாமல் இருக்கக்கூடிய ஆள் எங்கள் வீட்டிலேயே ஒருவர்தான் உண்டு. நைட் ஷிப்ட் வாரங்களில் காலை எட்டரையிலிருந்து மதியம் இரண்டு வரை அப்பா அப்படித்தான் இருப்பார்.

அப்பாவின் பகல் தூக்கத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது குடும்பமே சேர்ந்து செய்த வேலை. ஜன்னலில் சாம்பல் நிறக் கம்பளியை ஆணியில் மாட்டி அறையை இருட்டாக்குவோம். வாசல் கேட்டில் "நைட் ஷிப்ட். மணி அடிக்க வேண்டாம்" என்று அட்டை தொங்கும். குக்கர் விசிலடிக்கப்போகும் தருணத்தில் அம்மா ஓடிப்போய்க் கரண்டியால் அதன் தலையைத் தூக்கி, சத்தமில்லாமல் ஆவியை விடுவாள். உள்ளே அப்பா, லுங்கி முழங்காலுக்கு ஏறி, பனியன் தொப்பைக்கு மேல் சுருண்டு, வாய் பிளந்து, எத்தனை குளித்தாலும் போகாத கரித்தூசி காது மடலில் தங்கியிருக்க, உலகத்தையே மறந்து கிடப்பார். கம்பளியின் ஓரத்து இடுக்கு வழியாக ஒரே ஒரு கீற்று வெயில் அவர் மேல் குறுக்காக விழும்.

அந்தக் கீற்றைத்தான் அம்மா பிடித்துக்கொண்டாள். காடாத் துணியை மரச்சட்டத்தில் இழுத்து ஆணியடித்து, பசை பூசிக் காயவைத்து, அறையின் வாசற்படியில் உட்கார்ந்துகொண்டாள். அவள் உட்கார வேறு இடமில்லை. அப்பாவின் கால்கள் வாசலைப் பார்த்து நீண்டிருந்ததால், அம்மாவின் கண்ணுக்கு மிக அருகில் இருந்தவை இரண்டு பாதங்கள். தலை எங்கோ தூரத்தில். கிட்ட இருப்பதைப் பெரிதாகவும் எட்ட இருப்பதைச் சிறிதாகவும் போட வேண்டும் என்பது மிஸ் சொல்லிக்கொடுத்த பாடம். அம்மா எதையும் அரைகுறையாகச் செய்பவள் அல்ல. படத்தில் அப்பாவின் பாதம் ஒவ்வொன்றும் பூசணிக்காய் அளவுக்கு வந்தது, தலை எலுமிச்சம்பழம்.

மூன்று நைட் ஷிப்ட் வாரங்கள் பிடித்தன. மற்ற வாரங்களில் படம் பீரோவுக்குப் பின்னால் சுவரைப் பார்த்து நிற்கும். அம்மா அரைத்த பழுப்பு லேசில் காயவில்லை. ஒரு தடவை எடுத்துப் பார்த்தபோது அப்பாவின் தொப்பைமேல் நாலு எறும்பு ஒட்டிக்கொண்டிருந்தன. அம்மா ஊசியால் ஒவ்வொன்றாக எடுத்தாள். அப்பாவுக்கு மட்டும் எதுவும் தெரியாது. சொல்லலாம் சொல்லலாம் என்றிருந்து, சொல்லாமலே படத்தைக் கண்காட்சிக்கு அனுப்பிவிட்டாள்.

அப்பாவுக்கு விஷயம் போய்ச் சேர்ந்தது கம்பெனி பஸ்ஸில். அவரோடு வேலை பார்க்கும் துரைக்கண்ணு மாமா பக்கத்தில் உட்கார்ந்து, குரலைத் தாழ்த்தி, "காலு எப்படி இருக்குது? ஆஸ்பத்திரில காமிச்சியா? ஆரம்பத்துலயே பாத்தா சரியாப் பூடும்" என்றாராம். இறங்குவதற்குள் இன்னும் இரண்டு பேர், கண்காட்சியில் படத்தைப் பார்த்ததாகச் சொல்லி, அதையே கேட்டுவிட்டார்கள். யானைக்கால் நோய்க்கு மாத்திரை விழுங்கி வளர்ந்த ஜில்லா எங்களுடையது. யாருக்கும் அதில் விளையாட்டு இல்லை, உண்மையாகவே வருத்தப்பட்டிருக்கிறார்கள். அப்பா குனிந்து தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டே வீட்டுக்கு வந்தார். வந்ததும் அம்மாவிடம் கேட்டார். அம்மா சொல்லிவிட்டாள்.

அப்பா கத்துபவர் இல்லை. பூட்ஸைக் கழற்றி ஓரமாக வைத்தார். பிறகு, "வாயப் பொளந்துகினு நான் தூங்கறத ஊரே பாத்துகினு போவுது. எடுத்தாந்துடு" என்றார்.

அம்மா அதுவரை அவர் பேச்சைத் தட்டி நான் பார்த்ததில்லை. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, "தூக்கம்தாங்க உங்களுது. படம் என்னுது" என்றாள்.

அதற்குப் பிறகு மூன்று நாள் இருவரும் என் வழியாகத்தான் பேசிக்கொண்டார்கள். "பாப்பா, ஒங்கம்மாவ கொஞ்சம் ரசம் ஊத்தச் சொல்லு." "பாப்பா, ரசம் சூடா இருக்குன்னு அப்பாகிட்ட சொல்லு." மூவரும் ஒரே அறையில்தான் இருந்தோம். அம்மா தன் தூரிகைகளைக் கழுவி, துணியில் சுற்றி, அரிசி டின்னுக்குப் பின்னால் வைத்துவிட்டாள். ராத்திரி அவள் அடுப்பைத் துடைக்கும்போது எந்தக் காலத்துக் கதையும் வரவில்லை. எனக்கு அது பயமாக இருந்தது.

கண்காட்சியின் கடைசி நாள், அப்பா பகல் ஷிப்ட் முடித்து யூனிபார்மோடு வந்து, ஒரு பழைய பெட்ஷீட்டை மடித்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, "பாப்பா, வா" என்றார். படத்தைச் சுற்றி எடுத்து வரத்தான் அது. சமுதாயக் கூடத்தில் ரோஜாப்பூக்களையும் மயில்களையும் தாண்டிப் போனோம். அப்பாவின் படத்துக்கு முன்னால் மட்டும் கூட்டம். நடுவில் துரைக்கண்ணு மாமாவும் அவர் மனைவி சாந்தா அத்தையும். நாங்கள் பின்னால் நின்றதை யாரும் கவனிக்கவில்லை.

"நல்லாப் பாரு" என்று சாந்தா அத்தை தன் வீட்டுக்காரரிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். "நீயும் இப்படித்தான் படுத்துகினு கெடப்ப. கல்யாணம் ஆன நாள்லேந்து உன் தூக்கத்துக்குக் காவல் இருக்கறன். புள்ளைங்களப் பகல்ல வாய் வுட்டு சிரிக்க வுட்டதில்ல."

"எனக்குத் தெரியாதே" என்றார் மாமா.

"உனக்கு எப்படித் தெரியும்? நீ தூங்கிகினு இல்ல இருந்த?"

மாமா சட்டைப் பையில் இருந்த பேனாவை எடுத்து, பார்த்து, திரும்பவும் வைத்துக்கொண்டார்.

கூட்டம் விலகியபோது அப்பா முன்னால் போனார். ரொம்ப நேரம் பார்த்தார். கம்பளி, கீற்று வெயில், தலைமாட்டில் தட்டால் மூடிவைத்த தண்ணீர்ச் செம்பு. காது மடலுக்கு வந்தபோது நன்றாகக் குனிந்து, அந்தப் பழுப்பை விரலால் தொட்டார். ஒட்டிக்கொண்டது. விரல்களைத் தேய்த்து, மோந்து பார்த்தார்.

"பாப்பா, இது கரி."

"ஆமாம்பா. ஷோகேஸ்ல இருந்த கட்டி."

"எதுல அரைச்சா?"

"மிக்ஸியில."

அப்பா நாக்கால் பல்லிடுக்கை ஒருமுறை துழாவினார். பிறகு விரலை யூனிபார்மில் துடைக்கப் போனவர், துடைக்காமல், "எங்க தோப்புக்கு அடியில கெடந்ததாக்கூட இருக்கும்" என்றார். என்னிடம் சொன்னாரா, தனக்கே சொல்லிக்கொண்டாரா, தெரியவில்லை.

அப்போது பக்கத்தில் வந்து நின்ற ஓர் அம்மாள், "பாவம், இந்த ஆளுக்கு யானைக்கால்" என்று உச்சுக்கொட்டினாள்.

அப்பா திரும்பினார். "அது யானைக்கால் இல்லீங்க. கிட்ட இருக்கறது பெருசாத் தெரியும், எட்ட இருக்கறது சின்னதாத் தெரியும். வரையறதுல அது ஒரு முறைங்க."

"உங்களுக்கு எப்படிங்க தெரியும்?"

"காலு என்னுதுங்க" என்றார் அப்பா.

அதன்பின் கூடம் மூடும்வரை அவர் அங்கிருந்து நகரவில்லை. வந்தவர்களுக்கெல்லாம் விளக்கினார். சுற்றி இருட்டைப் போட்டால் வெளிச்சம் தானாக வந்துவிடும் என்றும், இந்த எண்ணெய் காய நாளாகும், தொடாதீர்கள் என்றும் சொன்னார். அம்மா சமையலறையில் சொன்னதையெல்லாம் கிண்டல் செய்துவிட்டு அவர் மறந்துவிட்டதாக நான் நினைத்திருந்தேன்; அத்தனையும் அவர் காதில் விழுந்திருக்கிறது. கூடத்தின் மறுகோடியில் நசீமா மிஸ்ஸோடு நின்றிருந்த அம்மா, முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாளா அழுதாளா என்று என்னால் சொல்ல முடியவில்லை. மடித்த பெட்ஷீட் எப்போதோ என் கைக்கு வந்திருந்தது; வீடு திரும்பும்போது அதில் சுற்றித்தான் படத்தைச் சைக்கிள் கேரியரில் கட்டினோம்.

சாப்பிடும்போது அப்பா நேராக அம்மாவைப் பார்த்துப் பேசினார். "அடுத்த தரம் வரையறப்ப, பனியன இழுத்து வுட்டுட்டு வரை."

இப்போது அப்பா ஓய்வு பெற்று, குவார்ட்டர்ஸைத் திருப்பிக் கொடுத்து, பண்ருட்டிப் பக்கம் சொந்த வீட்டில் அம்மாவோடு இருக்கிறார். போன தீபாவளிக்கு நெய்வேலி போனபோது எங்கள் வரிசைக் குவார்ட்டர்ஸை இடித்திருந்தார்கள். முருங்கை நின்ற இடம்கூட அடையாளம் தெரியவில்லை. நசீமா மிஸ் கல்யாணமாகி வெளிநாட்டுக்குப் போய்விட்டாள். அம்மா அதற்கப்புறம் நிறைய வரைந்தாள், கடைச்சாயத்தில். அவை எல்லாம் வரைந்த நாளைப் போலவே இருக்கின்றன. வீட்டுக் கூடத்தில் மாட்டியிருக்கும் அப்பாவின் படத்தில் மட்டும் கரிப்பழுப்பு வருஷத்துக்கு வருஷம் வெளுத்துக்கொண்டே போகிறது. வெயில் தாங்காத நிறமாம் அது. மிஸ்ஸுக்கே அப்போது தெரியாது. முதலில் காது மடலின் தூசி போயிற்று, பிறகு கம்பளி. நாங்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு உண்டாக்கிய அந்த இருட்டு கொஞ்சம் கொஞ்சமாகக் கலைந்து, அறை முழுக்க இப்போது விடிந்திருக்கிறது. அப்பா இன்னும் எழுந்திருக்கவில்லை.