ஜெஸீமா டீச்சருக்கு மறைத்த நாட்டுக்கோழி

இடைவேளை மணி அடித்து, தேநீரை ஊற்றிக்கொண்டு உட்கார்ந்த பிறகுதான் போனைத் திறந்தேன். ஹாலிஎலயில் முன்பு ஒன்றாகப் படிப்பித்த ஆசிரியர்களான எங்களுக்கென்று ஒரு வட்ஸ்அப் குழு இருக்கிறது. வழக்கமாகக் காலை வணக்கப் பூக்களும் சம்பள உயர்வு வதந்திகளும்தான் அதில் ஓடும். அன்று ஒரு வரி மரணச் செய்திதான் இருந்தது. "ஜெஸீமா டீச்சர் சுபஹுக்கு மௌத். பகல் தொழுகைக்குப் பிறகு ஜனாஸா அடக்கம்." அதற்குக் கீழே கைகூப்பும் படங்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தன. நான் எதையும் அனுப்பவில்லை. அதிபரிடம் சொல்லிவிட்டு லுணுகலை பஸ் நிலையத்துக்கு ஓடினேன்.

பசறையில் பஸ் பத்து நிமிடம் நின்றது. சாரதி இறங்கிப் போய் நிதானமாக வடை தின்றார். அந்த மனிதர் மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. இரண்டு வருடமாக அந்த வீட்டுப் படி ஏறாதவளுக்குப் பத்து நிமிடம் பெரிதாகிவிட்டது. பதுளை கடைத் தெருவுக்குப் பின்னால் இருக்கும் அந்த வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தபோது ஜனாஸா போய் அரை மணி நேரமாகியிருந்தது. வாசலில் பிளாஸ்டிக் கதிரைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிக்கொண்டிருந்தார்கள். முகம் பார்க்கக் கிடைக்கவில்லை.

டீச்சரை அறிந்த நீங்கள் எல்லாரும் குழுவில் அவருடைய கணிதப் பாடத்தைப் பற்றி எழுதுகிறீர்கள். எழுதத்தான் வேண்டும். தேயிலைத் தோட்டத்துப் பிள்ளைகளுக்குக் கணக்கு வராது என்று சொன்ன ஓர் அதிகாரியை அவர் வகுப்பின் பின் வாங்கில் ஒரு பாடவேளை முழுக்க உட்கார வைத்ததை நானும் பார்த்தவள்தான். ஆனால் எனக்கு அவரைத் தெரிந்தது அவருடைய குசினியில், அடுப்புப் பக்கத்தில். அதனால் கோழியைப் பற்றித்தான் எழுதப்போகிறேன்.

ஒவ்வொரு தவணை முடிவிலும் எங்களை வீட்டுக்குக் கூப்பிடுவார். மேசையில் முதலில் வருவது கோழிச் சுருள். கடைக் கண்ணாடிப் பெட்டியில் இருக்கும் ரோல்ஸ் என்று நினைத்துவிடாதீர்கள். அது மாவுக்குள் கிழங்கும் மீனும். இது கோழியே சுருண்டு வருவது. எலும்பில்லாத நெஞ்சுக் கறியை நடுவே கீறி விரித்து, பொலித்தீன் பைக்குள் வைத்து, அம்மிக் குழவியால் மெல்லத் தட்டித் தட்டி அகலமாக்குவார். உப்பும் மிளகுத்தூளும் தேசிக்காய்ப் புளியும் தடவுவார். அவித்த முட்டை, துருவிய கேரட், பச்சை மிளகாய், புதினா, கொஞ்சம் சீஸ் எல்லாவற்றையும் பிசைந்து உள்ளே பரப்பி, பாய் சுருட்டுவது போல இறுக்கிச் சுருட்டி, பல் குத்தும் குச்சியால் பூட்டுவார். பிறகு முட்டையில் தோய்த்து, ரஸ்க் தூளில் புரட்டி, மெல்லிய நெருப்பில் பொரிப்பது. ஆறிய பிறகுதான் கத்தி வைப்பார். ஒவ்வொரு வட்டத்திலும் மஞ்சளும் பச்சையும் செம்மஞ்சளும் சுற்றிச் சுற்றித் தெரியும்.

முதல் தடவை போனபோது, தோட்டத்துப் பழக்கத்தில், தட்டில் சின்னத் துண்டாகப் பார்த்து எடுக்கலாமென்று தேடினேன். சின்னத் துண்டே இல்லை. எல்லாம் ஒரே அளவு. நான் முழிப்பதைப் பார்த்துவிட்டார். "துண்டு பெருசு சின்னமா ஈந்தா வந்த ஆளுக்கு எடுக்க வெக்கம் வரும் புஷ்பா. சமனா வெட்டினா யோசிக்காம எடுப்பாங்க" என்றார். ஐந்து எடுத்தேன்.

அவருடைய கணவர் இறந்து வெகு காலம். மகன்மார் இரண்டு பேரும் கட்டாரில். ஒரு தவணை முடிவில் எல்லாரும் கிளம்பிய பிறகு, குடையை மறந்துவிட்டேன் என்று நான் மட்டும் திரும்பிப் போனேன். பத்துக் கதிரைகளும் வட்டமாகப் போட்டது போட்டபடியே இருந்தன. அதில் ஒன்றில் டீச்சர் உட்கார்ந்திருந்தார். எடுத்து வைக்க உதவட்டுமா என்று கேட்டேன். "எடுத்து வெச்சா வீடு பெருசாப் போகும். கொஞ்சம் ஈக்கட்டும்" என்றார். பிறகு, "சும்மா வாங்கண்டா யாரும் வர மாட்டாங்க. திங்க வாங்கண்டா வருவாங்க. அதுக்குத்தான் இந்தப் பாடெல்லாம்" என்று சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. குடையை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

அவர் குசினிச் சுவரில் ஒரு கலண்டர் தொங்கும். கந்தசஷ்டி, கார்த்திகை, புரட்டாசிச் சனி, எங்களில் யார் யார் வெள்ளிக்கிழமை மரக்கறி, கிறிஸ்தவ டீச்சரின் தவக்காலம் என்று எல்லாமே சிவப்புப் பேனாவால் வட்டம் போட்டிருக்கும். யாருடைய விரதத்திலும் மோதாத நாளாகப் பார்த்துத்தான் விருந்துக்கு நாள் குறிப்பார். எங்கள் விரதம் எப்போது வருகிறது என்று எங்களில் பாதிப் பேர் அவரிடம்தான் கேட்டுத் தெரிந்துகொண்டோம். கேலியாகச் சொல்லவில்லை. நானும் கேட்டிருக்கிறேன்.

இப்படி ஒன்பது வருடம் சாப்பிட்டேன். ஒரு தடவைகூட அவரை என் வீட்டுக்குக் கூப்பிடவில்லை. அவர் கேட்காமலும் இல்லை. பாதை வழுக்கும் டீச்சர், அட்டை கடிக்கும் டீச்சர், மாமியாருக்குச் சுகமில்லை டீச்சர் என்று எனக்குச் சாட்டுக்குப் பஞ்சமே இருந்ததில்லை. உண்மை வேறு. பேருக்குப் பின்னால் டீச்சர் பட்டம் இருந்தாலும் நான் இருப்பது தெமோதரைப் பக்கம் ஒரு தோட்டத்து லயத்தில், வரிசையாக ஒட்டிக் கட்டிய தொழிலாளர் காம்பராக்களில் ஒன்றில். என் கணவருக்குத் தேயிலைத் தொழிற்சாலையில் வேலை. முன்னால் ஒரு விறாந்தை இழுத்துக் கட்டினோம். சுவருக்குப் பச்சைப் பெயின்ட் அடித்தோம். ஆனாலும் லயம் லயம்தானே. அவர் வந்து பார்த்துவிட்டு மனதுக்குள் பரிதாபப்படுவார் என்ற நினைப்பே எனக்குக் கசந்தது.

அவர் ஓய்வு பெற்ற அன்று என்னைப் பிடித்துக்கொண்டார். "இனி ஸ்கூல்ல பாக்க ஏலாது. ஒங்கட வீட்டுக்குத்தான் வாரன். நாளச் சொல்லுங்க." எல்லார் முன்னிலையிலும் கேட்டதால் தப்ப வழியில்லை. அடுத்த மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமையைச் சொன்னேன். சொன்ன பிறகு மனது துள்ளியது. அவருடைய சுருளை அவருக்கே செய்து வைக்க வேண்டும் என்று அன்றே முடிவு செய்தேன்.

கடையில் நெஞ்சுக் கறி வாங்கி வரும்படி கணவரிடம் சொன்னேன். அவருக்கு முகமே மாறிவிட்டது.

"பெரிய டீச்சர் மொத மொத நம்ம வீட்டுக்கு வராங்க. ஐஸ் கோழியவா போடுறது? நம்ம கோழி ரெண்டு இருக்குல்ல?"

எங்கள் பக்கத்தில் அதுதான் முறை. வருகிறவர் முக்கியமானவர் என்றால் வளர்த்த கோழிதான் அறுபடும். கடைக் கோழி போட்டால் போனால் போகிறது என்று போட்டதாக அர்த்தம். எனக்கும் பெருமையாகத்தான் இருந்தது. ஞாயிறு காலையில் கணவர் கொல்லையில் இரண்டையும் அறுத்துச் சுத்தம் செய்து கொடுத்தார். நாட்டுக்கோழிக்கு நெஞ்சில் கறி கொஞ்சம்தான், அதுவும் இறுக்கம். ஒரு மணி நேரம் தட்டினேன். பக்கத்துக் காம்பராவிலிருந்து, "என்னா டீச்சர், விடிஞ்சதுலருந்து இடிக்கிறீங்க, வீட்ட ஒடைக்கப் போறீங்களா?" என்று கேட்டார்கள். கடைசியில் பதினான்கு வட்டம் தேறியது. அடிக்கோல் வைத்து அளந்தது போல எல்லாம் ஒரே அளவு.

டீச்சர் பதினொன்றரைக்கு வந்தார். மூச்சு வாங்கப் படி ஏறி, விறாந்தையில் நின்று மலையைப் பார்த்தார். "இப்பிடி ஒரு எடத்துல ஈந்துகொண்டு ஒம்பது வருஷமா அட்ட கடிக்கும், அட்ட கடிக்கும் எண்டு சென்னீங்களே!" என்று என் தோளில் ஒரு அடி போட்டார். அந்த அடியில் என் கூச்சம் பாதி போய்விட்டது. உள்ளே வந்து உட்கார்ந்து தண்ணீர் குடித்து, பகல் தொழுகை நேரம் வரும்வரை பேசிக்கொண்டிருந்தார். "சாப்பிட முந்தித் தொழுதுகொள்றன். துப்புரவா ஒரு எடம் தாங்க" என்றார். உள்ளறையைக் காட்டினேன். சாமிப் படங்களைத் திரையால் மூடப் போனேன். "அது ஈக்கட்டும், நான் அங்கால திரும்பித்தானே நிப்பன்" என்று கைப்பையிலிருந்து தன் விரிப்பை எடுத்தார்.

அவர் ஓதுவது அறை வாசல் திரைக்கு அப்பால் மெல்லக் கேட்டது. நான் குசினியில் தட்டை எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தேன். அப்போதுதான் எனக்கு உறைத்தது. கோழியை அறுத்தது என் கணவர்.

பாடசாலைச் சுற்றுலா போன இடமெல்லாம், முறைப்படி ஓதி அறுத்த ஹலால் இறைச்சியா என்று ஹோட்டல் குசினி வரைக்கும் போய்க் கேட்டு வந்து டீச்சருக்குச் சொன்னவள் நான். ஒன்பது வருடம் அதை ஒரு வேலையாகவே செய்தவள். சொந்த வீட்டில், சொந்தக் கோழி என்றதும் புத்தி எங்கே போனதோ தெரியவில்லை. அவரிடம் நடந்ததைச் சொல்லியிருக்கலாம். ஆனால் சொன்னால் இந்தச் சட்டி, இந்தக் கரண்டி, இந்த வீடு எல்லாவற்றிலும் அவருக்குச் சந்தேகம் வரும், லயத்து வீட்டில் ஒரு வாய் சாப்பிடாமலே எழுந்து போய்விடுவார் என்று பயந்தேன். தட்டை அப்படியே மூடி அரிசிப் பெட்டிக்குள் வைத்தேன்.

அவர் தொழுதுவிட்டு வந்ததும் சோறு, பருப்பு, போஞ்சிக் கறி, தேங்காய்ச் சம்பல், அப்பளம் வைத்தேன். "மன்னிச்சுக்கங்க டீச்சர், இன்னைக்கு எங்க வீட்டுல விரதம்" என்றேன். கணவர் வாயைத் திறந்தார். நான் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டார்.

டீச்சர் என்ன விரதம் என்று கேட்கவில்லை. "பருப்பு நல்லா ஈக்கி" என்று இரண்டு தரம் போட்டுச் சாப்பிட்டார். அவர் போன பிறகுதான் அந்தக் கலண்டர் ஞாபகத்துக்கு வந்தது. நாட்டில் எத்தனையோ பேர் இருக்க, எங்கள் விரதங்களைச் சிவப்பில் வட்டம் போட்டு வைத்திருக்கும் ஒரே மனுஷியிடம் போய் அந்தப் பொய்யைச் சொல்லியிருக்கிறேன். பதினான்கு துண்டையும் பக்கத்துக் காம்பராக்களுக்குக் கொடுத்துவிட்டேன். நான் ஒன்றைக்கூட வாயில் வைக்கவில்லை.

அதற்குப் பிறகு அவர் வீட்டுக்குப் போக எனக்கு முகமில்லை. அந்த வருடமே லுணுகலைப் பக்கம் இடமாற்றம் வந்தது. நல்ல சாட்டாகப் போயிற்று. அவர்தான் போன் எடுத்துக் கூப்பிடுவார். இன்று சொல்லிவிடலாம் என்று ஒவ்வொரு தடவையும் நினைப்பேன். மழையைப் பற்றிப் பேசிவிட்டு வைத்துவிடுவேன். கடைசியாகப் போன மாதம் எடுத்தார். "இந்த லீவுக்கு வாங்க புஷ்பா. இப்ப யாரும் வாரதில்ல" என்றார். அவர் அப்படிக் கேட்டு நான் கேள்விப்பட்டதே இல்லை. "பாப்போம் டீச்சர்" என்றேன். என் வாயிலிருந்து வந்தது அவ்வளவுதான்.

ஜனாஸா போன வீட்டில் பெண்களுக்கு நடுவே ஓர் ஓரமாக உட்கார்ந்திருந்தேன். டீச்சரின் தங்கை நஸீரா வந்து பக்கத்தில் அமர்ந்தார். கடைசி ஒரு வருடம் அக்காவோடு இருந்தவர்.

"நீங்கதானே தெமோதர டீச்சர்? விரதம் எண்டு சென்ன?"

ஆமென்று தலையாட்டினேன். அவர் அழுத கண்ணோடு சிரித்தார்.

"ராத்தா அதச் செல்லிச் செல்லிச் சிரிப்பா. வாசல்ல கால் வெக்கக்குள்ளயே கோழி பொரிச்ச வாசமாம். 'எனக்காக அறுத்த கோழிய எனக்காகவே ஒளிச்சு வெச்சிட்டா பாவம்' எண்டு செல்லுவா. நீயே போன் எடுத்துக் கேளேன் எண்டு நான் சென்னன். 'வேணாம், நான் கேட்டா அவ கூசிப் போவா. அவவா வந்து செல்லட்டும். அண்டைக்கு ரெண்டு பேரும் விழுந்து விழுந்து சிரிப்பம்' எண்டா."

நஸீரா உள்ளே எழுந்து போய்விட்டார். நான் அங்கேயே இருந்தேன். நான் பயந்து ஒதுங்கியிருந்த இரண்டு வருடமும் டீச்சர் என்னை எதிர்பார்த்துக்கொண்டே அந்த வீட்டில் இருந்திருக்கிறார். கோபம் இருந்திருந்தால்கூட என்னால் தாங்கியிருக்க முடியும். திரும்பி வரும்போது, அவர் ஆசைப்பட்டாரே என்று பஸ்ஸில் கொஞ்சம் சிரித்துப் பார்த்தேன். ஒருத்தியாகச் சிரிக்க வரவில்லை.

அவர் பிள்ளைகளுக்குக் கணக்குச் சொல்லித்தந்த நினைவு உங்களிடம் இருக்கிறது. அவர் கைச் சுருளின் ருசி நம் எல்லாரிடமும் இருக்கிறது. என்னிடம் மட்டும், அவர் காது கேட்கக் காத்திருந்த ஒரு பேச்சு அப்படியே இருக்கிறது. அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று தெரியாமல்தான் இதை எழுதுகிறேன்.

"டீச்சர், அன்னைக்கு எங்க வீட்டுல விரதமெல்லாம் ஒண்ணும் இல்ல. நீங்க வர்றீங்கன்னு வளத்த கோழி ரெண்ட அறுத்தோம். அறுத்தது எங்க வீட்டுக்காரர். எனக்கு அது கடைசி நேரத்துலதான் ஞாபகம் வந்துச்சு."

சொல்லிப் பார்த்தால் அரை நிமிடம்கூட ஆகவில்லை.