படத்தில் விட்டுப்போன ரோடு

மூன்றாம் வகுப்போடு நின்றவன் நான். ஓட்டை ஜீப் ஒன்றில் தொடங்கி, ஏற்காட்டில் ஆறு வண்டி ஓடவிட்டேன். அடிவாரத்தில் பஞ்சர் கடை, தலைச்சோலையில் காப்பித் தோட்டம், சேலத்தில் மாடி வீடு, எல்லாம் இந்தக் கையால் வந்தவை. யாரும் தூக்கிவிடவில்லை. ஆனால் போன மாதம் ஒரு கல்யாணத்துக்குப் போய்த் தங்கிய லாட்ஜில், சுவரில் கண்ணாடி போட்டு மாட்டியிருந்த பென்சில் படம் ஒன்றைப் பார்த்ததும் இதெல்லாம் மறந்துபோயிற்று. அதிலும் என் கை இருக்கிறது.

பென்சில் என்றாலே எனக்குச் சீவல் வாசம் வந்துவிடும். எண்பதுகளில், காப்பி பூத்த சமயம், சேலத்து டிராயிங் மாஸ்டர் ஒருவர் மூன்று நாளைக்கு என் ஜீப்பை அமர்த்தினார். ஸ்கேல் கிடையாது, ரப்பர் கிடையாது, வெறுங்கையால் இழுப்பார். ஜீப்பெல்லாம் பென்சில் சீவல். முதலில் அவரைச் சர்வேயர் என்று நினைத்து நொறுக்குத்தீனி வாங்கிக் கொடுத்துக் குளிப்பாட்டினேன். என் கடைச் சுவர் ஒரு அடி ரோட்டுக்குள் தள்ளி நின்ற காலம் அது.

மூன்று நாளும் சேலத்தைப் பார்த்த அதே பாறையில்தான் உட்கார்ந்தார். மூன்றாம் நாள் எட்டிப் பார்த்தேன். மலை, மரம், கீழே ஊர், எல்லாம் அச்சாக இருந்தன. ரோடு மட்டும் இல்லை.

"ஏனுங்க மாஸ்டர், ரோட்டக் காணோமே. ஊட்டுக்கு எப்படிப் போவீங்க?"

"போறதா இல்லைங்க" என்றார், படத்திலிருந்து கண்ணை எடுக்காமல்.

படித்தவனாக இருந்தால் சுற்றி வளைத்துக் கேட்டிருப்பேன்.

"உசுர விட்டரலாம்னு நெனப்புங்களா?"

வரைவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். பிறகு, "ஆமாங்க. இத்தன நாளா ஒருத்தரும் இதக் கேக்கல" என்றார்.

நான் புத்தி சொல்லவில்லை. பக்கத்தில் உட்கார்ந்தேன். அவர் பேசினார், இரண்டு பஸ் மேலே ஏறிப் போகும் வரைக்கும் பேசினார். ஓய்ந்ததும், என்ன செய்வதென்று தெரியாமல் அவர் பென்சிலை வாங்கிப் படத்தில் ரோட்டைப் போட ஆரம்பித்தேன். தினம் நாலு தடவை போய்வரும் ரோடுதான். ஆனால் வண்டி ஓட்டுகிறவனுக்கு அடுத்த வளைவுதான் தெரியும். மொத்த ரோட்டையும் நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

"இது ரோடுங்களா, ஆட்டுக் கொடலுங்களா?" என்றார். விரல் வைத்து எண்ணினார். "பதினேழு கொண்ட ஊசிதான் இருக்குது. ரோடு அடிவாரமே போய்ச் சேரலீங்க."

"இருவதும் போட்டேனுங்க."

"நொம்பப் பெருமதான் உங்களுக்கு. குடுங்க இப்பிடி."

மிச்ச மூன்றையும் அவரே போட்டார்.

அங்கிருந்து நேராக அவருடைய அக்கா வீட்டுக்கு வண்டியை விட்டேன். மறுநாள் அக்காவும் நானும் டாக்டரிடம் கூட்டிப்போனோம். அந்த நினைப்பு ஒரேயடியாகப் போய்விடவில்லை. வந்தபோதெல்லாம் ஒளிக்காமல் சொன்னார்.

இப்போது அந்த ஜீப் இல்லை. பாறையைச் சுற்றிக் கம்பி வேலி வந்துவிட்டது. மாஸ்டரும் பேரன் பேத்தி எடுத்து, வயதாகி, வீட்டில் படுத்தபடியே போய்ச் சேர்ந்தார். என் பெருமையைக் கேலி செய்ய ஆளில்லாமல் போயிற்று.

அந்த லாட்ஜ் படத்தின் கீழே அவர் பெயர் மட்டும் இருக்கிறது. மலையும் மரமும் ஊரும் அவருடையவை, கடைசி மூன்று வளைவும் அவருடையவைதான். மேலிருந்து பதினேழு வளைவு நான் போட்டது. லாட்ஜ்காரர் அதையும் எழுதி மாட்ட வேண்டும்.