தம்ளர் குலுங்கினால் பேசாதே

போன வாரம் பெங்களூரில் ஒரு காபிக் கடையின் மாடியில் கவிதை சொல்லிக்கொண்டிருந்தேன். வாசிப்பதில்லை, சொல்வதுதான். கையில் காகிதம் இல்லாமல், மைக்கைப் பிடித்துக்கொண்டு, பாதித் தமிழும் பாதிக் கன்னடமும் ஊடே கொஞ்சம் இங்கிலீஷுமாக நின்று சொல்வது என் பிழைப்பு. இதற்கெல்லாம் டிக்கெட் வாங்கி வந்து உட்கார்கிற ஜனங்களும் இருக்கிறார்கள், நம்புங்கள். நடுவில் தெருவுக்கு அடியில் மெட்ரோ போயிற்று. மேசை மேல் இருந்த கண்ணாடித் தம்ளர்கள் கிணுகிணுவென்றன. நான் பாட்டுக்குச் சொல்லிக்கொண்டே போனேன். கூட்டம் கலைந்த பிறகு, நிகழ்ச்சி நடத்துகிற பெண் மைக் ஒயரைச் சுருட்டியபடி, "அக்கா, இவத்து யாக்கே நில்லிஸ்லில்லா?" என்று கேட்டாள். இன்றைக்கு ஏன் நிறுத்தவில்லை என்கிறாள்.

அவள் கேட்டதில் நியாயம் உண்டு. அந்த மாடியில் தம்ளர் குலுங்கும்போதெல்லாம் நான் வார்த்தையின் நடுவில் அப்படியே நின்றுவிடுவேன். வாய் மூடிக்கொள்ளும். காது மட்டும் திறந்திருக்கும். ஜனங்கள் அதை ஒரு பெரிய கலை என்று நினைத்துக் கைதட்டுவார்கள். நானும் மறுத்ததில்லை. ஆனால் அது கலையுமில்லை ஒன்றுமில்லை. வளர்ந்த இடத்தின் பழக்கம். அது என்னை விட்டுப் போயிருக்கிறது. போனது எனக்கே தெரியவில்லை. அவள் கேட்ட பிறகுதான் கவனித்தேன்.

மைக்கின் கம்பி வலையில் ஒரு வாடை உண்டு, நீங்கள் கவனித்திருக்கிறீர்களோ என்னவோ. பல பேர் மூச்சு பட்ட ஈர இரும்பு வாடை. அப்பாவின் ஹெல்மெட்டுக்கும் அதே வாடைதான். அப்பா தங்கச் சுரங்கத்தில் டிம்பர்மேன். மேலே இருக்கிற பாறை கீழே வராமல் மரம் முட்டுக் கொடுப்பது அவர் வேலை. ஷிப்ட் முடிந்து வந்து ஹெல்மெட்டை ஆணியில் மாட்டினால், கோரமண்டல் என்கிற சுரங்கக் குடியிருப்பில் எங்கள் ஒற்றை அறை லைன் வீடு முழுக்க அந்த வாடை நிற்கும். நான் அதைத் தலையில் கவிழ்த்துக்கொண்டு உள்ளே பேசிப் பார்ப்பேன். குரல் வேறு யாருடையதோ மாதிரி கேட்கும். எனக்குக் கிடைத்த முதல் மைக் அதுதான்.

லைன் வீடுகளில் சுவர் என்பது ஒரு மரியாதைக்குத்தான். மூங்கில் தட்டி, அதன் மேல் மண் பூச்சு. அடுத்த வீட்டில் கடுகு தாளித்தால் எங்களுக்குத் தும்மல் வரும். அந்த அடுத்த வீட்டுக்குக் கல்யாணம் ஆகி வந்தவள் விமலாக்கா. அவள் புருஷன் சேகர் அண்ணன், அப்பா ஷிப்டிலேயே டிரில்லிங் வேலை. விமலாக்காவும் அம்மாவும் எழுந்து வாசலுக்கு வந்து பேசியதை நான் அதிகம் பார்த்ததில்லை. அம்மா அடுப்படியிலிருந்து ஒன்று சொல்ல, தட்டிக்கு அந்தப் பக்கத்திலிருந்து பதில் வரும். வந்த புதிதில் விமலாக்கா வீட்டுக்கு மட்டும் சிவப்புச் சாயம் போட்ட சிமெண்ட் தரை. அதைத் துடைத்துத் துடைத்து முகம் பார்க்கிற மாதிரி வைத்திருப்பாள். லைனே அவளைக் கேலி செய்யும்.

பூமிக்குள் அத்தனை ஆழம் தோண்டினால், அழுத்தம் தாங்காமல் எங்கேயாவது பாறை வெடிக்கும். அதை 'பர்ஸ்ட்' என்போம். மேலே எங்களுக்கு முதலில் தெரிவது பலகையில் அடுக்கிய தம்ளர்களின் சத்தம்தான். அது கேட்டதும் யார் பேசிக்கொண்டிருந்தாலும் நிறுத்திவிட வேண்டும். வாக்கியத்தை முடிக்கக் கூடாது. 'சோறு' என்று சொல்லியிருந்தால் 'சோறு' என்பதோடு சரி. லைன் முழுவதும் பேச்சு அறுந்து போகும். ஆபத்துச் சங்கு ஊதுகிறதா என்று காதைத் தீட்டிக்கொண்டு நிற்போம். ஊதாவிட்டால் வேறு பேச்சுப் பேசலாம். ஆனால் அந்த அறுந்த வாக்கியத்தை மட்டும் தொடக் கூடாது. கீழே போன ஆள் வீடு வந்து சேர்ந்த பிறகுதான் விட்ட இடத்திலிருந்து முடிக்க வேண்டும். அதற்கு முன் முடித்தால் அவர் வர வேண்டிய வழி முடிந்துபோகும் என்று நம்பினார்கள். யார் ஆரம்பித்தார்களோ தெரியாது. புத்த விகாரைக்குப் போகிறவர்கள், கோயிலுக்குப் போகிறவர்கள், ஒன்றையும் நம்பாத என் அப்பா, எல்லோரும் இதற்கு மட்டும் கட்டுப்பட்டார்கள்.

இதில் வேடிக்கையும் உண்டு. சாயங்காலம் அப்பா கால் வைத்தாரோ இல்லையோ, அம்மா தலையும் இல்லாமல் வாலும் இல்லாமல், "...சொத்தக் கத்திரிக்காவா பாத்துப் பொறுக்கினு வந்தீங்களான்னு கேக்கறேன்!" என்று பாய்வாள். அப்பா ஹெல்மெட்டைக் கழற்றியபடி, "மொதப் பாதிய காத்தாலயே திட்டிட்டியா?" என்று சிரிப்பார். திட்டு முடிந்தது என்றால் ஆள் உயிரோடு வந்துவிட்டார் என்று அர்த்தம். அதனால் எங்கள் லைனில் அந்த மிச்சத் திட்டு கேட்டால் பக்கத்து வீடுகளுக்கும் சந்தோஷம்.

பள்ளிக்கூடத்துப் பேச்சுப் போட்டியில் நான் மேடையேறிய முதல் நாளே தலைமையாசிரியர் மேசைத் தம்ளர் குலுங்கிற்று. நின்றேன். ஆசிரியர்கள், பிள்ளைகள், ஆயா, எல்லோரும் நின்றார்கள். வெளியூரிலிருந்து வந்த நடுவர் மட்டும், பாவம், நான் மறந்துவிட்டேன் என்று நினைத்து அடியெடுத்துக் கொடுத்துக்கொண்டே இருந்தார். பரிசு வேறு பிள்ளைக்குப் போயிற்று.

சுரங்கம் மூடுவதற்குக் கொஞ்ச காலம் முன்னால், ஒரு மத்தியானம். அம்மா அரிசி களைந்துகொண்டிருந்தாள். தட்டிக்கு அந்தப் பக்கம் ஈரத்துணி தரையில் தேய்கிற சத்தம். விமலாக்கா வழக்கம்போலப் பேசினாள்.

"அண்ணி, இன்னிக்கி அவரு வந்ததும் மொதல்ல..."

தம்ளர்கள் குலுங்கின. இந்தத் தடவை ஒன்று பலகையிலிருந்து விழுந்து உருண்டது. யாரும் எடுக்கவில்லை. அப்புறம் சங்கு ஊதிற்று, நிற்காமல். பெண்கள் கூட்டமாக, சுரங்கத்துக்குள் இறங்குகிற ஷாஃப்ட் வாசலுக்கு ஓடினார்கள். யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. செருப்புச் சத்தம் மட்டும் கேட்டது. ஆட்களை ஏற்றி இறக்குகிற கேஜ் மேலே வந்தபோது அப்பா அதில் இருந்தார். சேகர் அண்ணன் இல்லை. அவர் நின்ற லெவலில் பாறை இறங்கி வழி அடைபட்டுப் போயிற்று. கடைசி வரை அவரை வெளியே எடுக்க முடியவில்லை.

வீட்டுக்கு வந்த அப்பாவிடம் அம்மா முடிக்க வேண்டிய வாக்கியம் எதுவும் அன்றைக்கு இல்லை. முடிக்க வேண்டியவள் தட்டிக்கு அந்தப் பக்கம் இருந்தாள். அவளுக்கு ஆள் வரவில்லை.

விமலாக்கா அழுதாள், தேறினாள், தினமும் ரயிலில் பெங்களூருக்குக் கார்மென்ட்ஸ் வேலைக்குப் போய்வந்தாள். ஆனால் அந்த வாக்கியத்தை முடிக்கவேயில்லை. அவள் 'மொதல்ல' என்ற வார்த்தையைச் சொல்லியே அதற்குப் பிறகு நான் கேட்டதில்லை. அவள் வயிற்றில் பிள்ளை இருப்பதைத்தான் சொல்ல வந்திருப்பாள், அந்தத் துக்கத்தில் அது தங்காமல் போயிருக்கும் என்று லைனில் கிசுகிசுத்தார்கள். அம்மா மட்டும், "எனுக்குச் சொல்ல வந்தது எனுக்கே தெரியாது, உங்குளுக்கு இன்னா தெரியும்?" என்று வாயை அடைப்பாள்.

சுரங்கம் மூடியதும் ஊரே ரயிலேறி வேலைக்குப் போனது. நானும் போனேன். முதல் வேலை கால் சென்டரில். அங்கே பேச்சின் நடுவில் மௌனம் வந்தால் குற்றம். 'டெட் ஏர்' என்று மார்க் குறைப்பார்கள். தெருவில் தண்ணி லாரி போய் என் மேசைத் தம்ளர் அசையும். நான் நிற்பேன். கடல் தாண்டி யாரோ 'ஹலோ, ஹலோ' என்பார். வேலை போயிற்று. கொஞ்ச நாளில் ஒரு சிநேகிதி இழுத்துக்கொண்டு போன காபிக் கடை மாடியில், மைக் வைத்து யார் வேண்டுமானாலும் கவிதை சொல்லலாம் என்றார்கள். அங்கேயும் தம்ளர் குலுங்க, நடுவில் நின்றேன். கைதட்டினார்கள். ஒரே வியாதிக்கு ஒரு இடத்தில் தண்டனை, ஒரு இடத்தில் சம்பளம்!

என் பேரை நாலு பேருக்குத் தெரிய வைத்தது விமலாக்காவின் கதைதான். தட்டிச் சுவர், ஈரத்துணி, அந்த மத்தியானம். 'இன்னிக்கி அவரு வந்ததும் மொதல்ல' என்பதோடு மைக்கை ஸ்டாண்டில் வைத்துவிட்டு இறங்கிவிடுவேன். சென்னை, கொச்சி, மும்பை என்று எங்கெங்கோ கூப்பிட்டார்கள். மேடையேற்றும் முன்பு, ரயிலில் பக்கத்தில் உட்கார்ந்து அவளிடம் அனுமதி கேட்டேன். ஜன்னல் வழியே, தங்கம் பிரித்த கழிவு மண் குவிந்த சயனைடு மேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தவள், திரும்பாமலே சொன்னாள்.

"சொல்லிக்கோ. முடிக்க மட்டும் முடிக்காத. அவரு இன்னும் வர்ல."

அதைச் சொன்ன குரலில் துக்கம் இல்லை. ரயில் தாமதம் என்று சொல்வது போலச் சொன்னாள். எனக்கு அதுதான் பயமாக இருந்தது. அன்றிலிருந்து மேடையில் அந்தக் கடைசி வார்த்தைக்கு வரும்போதெல்லாம், அடுத்த வார்த்தை தவறி வாயிலிருந்து விழுந்துவிடுமோ என்று நாக்கைக் கடித்துக்கொள்வேன். அடுத்த வார்த்தை எனக்குத் தெரியாது என்பது வேறு விஷயம். பெங்களூரில் நிகழ்ச்சி முடிந்ததும் பிள்ளைகள் வந்து, காதலைத்தானே சொல்ல வந்தாள், மன்னிப்புத்தானே கேட்க வந்தாள் என்பார்கள். எனக்கும் அப்படி ஏதாவது பெரிதாக இருக்கும் என்றுதான் எண்ணம்.

எல்லா ஊரிலும் சொன்னதை எங்கள் ஊரில் சொன்னதில்லை. இந்த வருஷம்தான் எங்கள் ஊர் ராபர்ட்சன்பேட்டையில் ஒரு சின்ன மண்டபத்தில் கூப்பிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். மழை வரும் போல இருந்தது. முன்வரிசையில் அப்பா. மூன்றாவது வரிசையில் அம்மா, அவளுக்குப் பக்கத்தில் விமலாக்கா. விமலாக்காவுக்கு அந்தப் பக்கம் ஒரு நாற்காலி காலி. கூட்டம் நிறைந்து பின்னால் ஆட்கள் நின்றுகொண்டிருந்தார்கள். ஆனாலும் அதில் யாரும் உட்காரவில்லை. வேறு கவிதைகளைச் சொல்லிவிட்டுத் தப்பித்துக்கொள்ளப் பார்த்தேன். விமலாக்காதான் தலையை அசைத்தாள், சொல் என்று.

சொன்னேன். 'மொதல்ல' என்றேன்.

டீ வைத்திருந்த மேசையில் எவர்சில்வர் தம்ளர்கள் குலுங்கின.

லாரி இல்லை. காலுக்கடியில் வந்தது அது. மூடிய சுரங்கத்தில் தண்ணீர் ஏறிக்கொண்டிருக்கிறது, அதனால் பாறை இன்னும் நகர்கிறது என்று சொல்வார்கள். தெரிந்ததுதான். ஆனாலும் மண்டபம் முழுக்கப் பேச்சு அறுந்தது. அப்பாவின் கை தலைக்குப் போய், இல்லாத ஹெல்மெட்டைத் தடவிற்று. இளசுகள் செல்போனைத் தாழ்த்திவிட்டுப் பெரியவர்களின் முகத்தைப் பார்த்தன. எல்லோரும் சங்குக்காகக் காத்திருந்தோம். ஊத இப்போது சங்கு இல்லை. ஊதாவிட்டால் ஆபத்தில்லை என்று எடுத்துக்கொள்ளவும் முடியாது. அந்த மௌனத்தை எப்படி முடிப்பதென்று எங்களில் ஒருவருக்கும் தெரியவில்லை. வாய் திறக்கலாம் என்று சொல்ல ஆளே இல்லாத ஊராகிவிட்டது என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. நான் பயந்தேன்.

விமலாக்கா வாசலைத் திரும்பிப் பார்த்தாள். புதுப்பெண்ணாக வந்த நாளில் தட்டிக்கு அந்தப் பக்கம் கேட்ட அதே குரலில் சொன்னாள்:

"மொதல்ல கால கழுவினு வாங்க. இப்பத்தான் தரையத் தொடச்சு வுட்டேன்."

அவ்வளவுதான். அத்தனை வருஷமாக அவள் வைத்திருந்தது அதுதான்.

மண்டபத்தில் வாசலைப் பார்த்து நின்றவள் நான் ஒருத்திதான். மற்றவர்களுக்கெல்லாம் வாசல் முதுகுப் பக்கம். விமலாக்காவைத் தவிர ஒருவரும் திரும்பவில்லை. நீ என்ன பார்த்தாய் என்று கேட்பீர்கள். நான் கண்ணை மூடிக்கொண்டேன். மேடையில் அத்தனை வீரம் பேசுகிறவள், கண்ணை இறுக மூடிக்கொண்டேன். வெளியே தண்ணீர் விழுகிற சத்தம் கேட்டது, மழை பிடித்திருக்கும். கண்ணைத் திறந்தபோது மூன்றாவது வரிசையில் அம்மாவும் அவளை அடுத்திருந்த பெண்களும் முழங்காலை ஒதுக்கி, புடவையைக் கூட்டிப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். உள்ளே போகிற ஆளுக்கு வழி விடுவோமே, அந்த மாதிரி.

அந்தக் கவிதையை அதற்குப் பிறகு நான் சொல்வதில்லை. எங்கே நிறுத்துவது? நிறுத்த வேண்டிய இடம் போய்விட்டது.

இப்போது எங்கள் லைனில் பாதி வீடுகளுக்குப் பூட்டு. தட்டி போய் செங்கல் சுவர் வந்து, அடுத்த வீட்டுத் தாளிப்பு வாசனை கூட வருவதில்லை. போன ஞாயிறு வீட்டுக்குப் போயிருந்தபோது தம்ளர் குலுங்கிற்று. அம்மா சீரியல் கதையை நிறுத்தாமல் சொல்லிக்கொண்டே போனாள், நானும் 'உம்' கொட்டிக்கொண்டே இருந்தேன். பாதியில் நிற்கிற வாக்கியம் எங்கள் லைனில் இப்போது ஒன்றுகூட இல்லை. எதற்காக நிற்பது, யாருக்காகக் காதைத் தீட்டுவது?

விமலாக்கா இப்போதும் காலை ரயிலில் வேலைக்குப் போகிறாள். கிளம்பும்போது வாசற்படி ஓரமாக ஒரு வாளித் தண்ணீரும் சொம்பும் வைத்துவிட்டுப் போகிறாள். சாயங்காலம் பார்த்தால் தண்ணீர் குறைந்திருக்கிறது என்று அம்மா சொல்கிறாள். வெயிலில் வற்றியிருக்கும் என்கிறார் அப்பா. சொன்னவர், பொழுது சாயும் நேரத்தில் அந்த வாசலைக் கடக்கும்போது மட்டும், எதிரே வருகிறவருக்கு இடம் விடுகிற மாதிரி கொஞ்சம் ஒதுங்கித்தான் நடக்கிறார்.