அல்கோட் செல்மானின் வெளிர்நீலக் கண்கள்

பதினான்கு வருஷமாக அல்கோட் செல்மான் ஸ்வீடன் நாட்டுப் படங்களில் குருடனாகவும் பிணமாகவும் பேயாகவும் நடித்துவந்தார். கடலில் மூழ்கிச் செத்தவனாக மட்டும் ஐந்து படங்கள். குளிர்காலம் முழுக்க நாடகக் குழுவோடு ஊர் ஊராகச் சுற்றுவார். கோடையில் நாடக அரங்குகளை மூடிவிடுவார்கள். வெளிச்சமும் நெடுநேரம் நிற்கும். அப்போது ஸ்டாக்ஹோம் திரும்பி, படத்தில் நடிப்பார்.

அவருடைய மூலதனம் அவர் கண்கள்தான். வெளிறிய நீலம். அந்தக் காலத்துப் பிலிமில் சிவப்பு கறுப்பாக விழும், நீலம் வெள்ளையாக விழும். திரையில் அவர் விழிகள் அவித்த முட்டைபோல வெறிச்சென்று தெரியும். 'பார்வையற்றவர்களின் மனத்தை அறிந்த நடிகர்' என்று ஒரு பத்திரிகை எழுதியது. அல்கோட் அதை நம்பினார். நம்பாமலிருக்க என்ன காரணம் இருந்தது?

1927 வசந்தத்தில் இயக்குநர் நோர்ட்லுண்ட் அவரைக் கூப்பிட்டு, தேவாலயத்தில் ஆர்கன் வாசிக்கும் குருடர் வேடத்தைத் தருவதாகச் சொன்னார். படம் முழுக்க வரும் பாத்திரம். நாற்பத்தைந்து வயதில் முதல் பெரிய வேடம்.

ஒளிப்பதிவாளர் தூரே அந்த மாதம் வந்திறங்கிய புதுப் பிலிமில் ஒரு வெள்ளோட்டம் எடுத்தார். கறுப்பு வெள்ளைதான், ஆனால் நீலத்தை வெள்ளையாக்காமல் எல்லா நிறத்தையும் உள்ளபடி பார்க்கும் பிலிம் அது. மறுநாள் திரையில் போட்டுப் பார்த்தார்கள். ஒரு பெண் காபி ஊற்றுகிறாள். ஆர்கன்காரர் மேசையருகே உட்கார்ந்திருக்கிறார். அவருடைய கண்கள் கோப்பையோடு போய், ரொட்டித் தட்டில் வந்து நிற்கின்றன.

"குருடர் எந்த ரொட்டி பெருசுன்னு பாக்குறாரு!" என்று நோர்ட்லுண்ட் சிரித்தார். "செல்மான், உங்களுக்குக் கண்ணு இவ்வளவு நல்லாத் தெரியும்னு எனக்கு இப்பத்தாங்க தெரியுது."

"பழைய பிலிம்லயே எடுத்துரலாமே?" என்றார் அல்கோட்.

தூரே இருபது வருஷப் பழக்கம். மழுப்பவில்லை. "அல்கோட், நீ எப்பவும் இப்படித்தான் பாத்துட்டு இருந்திருக்க. பிலிம் உன்னைக் காட்டிக்குடுக்காம இருந்துச்சு, அவ்வளவுதான்."

நோர்ட்லுண்ட் ஒரு வாரம் கொடுத்தார்.

எதையும் பார்க்காமலிருக்க அல்கோட் வீட்டில் பழகினார். நாடக அரங்குக்கு வருபவர்களின் கோட்டுகளை வாங்கி மாட்டும் வேலை செய்த மனைவி ஹெட்விக், எதிரே உட்கார்ந்து காவல் காத்தாள். உருளைக்கிழங்கும் ஹெர்ரிங் மீனும் மேசைக்கு வந்தன.

"பாத்துட்ட."

"வாசம் வருதே, ஹெட்விக்."

"வாசம் வந்தா மூக்குதானே போகணும்? உன் கண்ணு எதுக்குப் போகுது?"

ஒரே புள்ளியை வெறித்தால் கண்ணில் நீர் வந்தது. விட்டால் ஜன்னல், கதவு, அவள் கை என்று அலைந்தது. பதினான்கு வருஷம் தான் செய்தது நடிப்பா, அல்லது விளக்கு முன்னால் சும்மா நின்றதா? அந்தக் கேள்வி இரண்டு நாள் அவரைச் சாப்பிட விடவில்லை.

இரண்டாவது வெள்ளோட்டத்தில் யாரோ கதவைத் திறந்தார்கள். அல்கோட் திரும்பிப் பார்த்தார். வேடம், பிர்யர் என்ற பழுப்புக் கண் மேடை நடிகருக்குப் போனது. குருடரைக் கைப்பிடித்துப் படியேற்றும் தேவாலய ஊழியன் வேடம் வேண்டுமா என்று அல்கோட்டைக் கேட்டார்கள். ஒரே காட்சி.

"போகமாட்டேன்," என்றார் வீட்டில்.

"போகாம? கோட்டு மாட்ட வர்றியா எங்கூட?" என்றாள் ஹெட்விக்.

போனார். உப்சாலா நகருக்கு வடக்கே ஒரு கல் தேவாலயம். படிகளில் பாசி. பிர்யர் கெட்டிக்காரர், விழி அசையாமல், படியைப் பார்க்காமலே ஏறினார். அதனால் இரண்டு பேருக்குமாக அல்கோட் பார்க்க வேண்டியிருந்தது. மூன்றாம் படியில் கல் உடைந்திருப்பதை முன்கூட்டியே கண்டு, பிர்யரின் கையை இறுக்கிப் பிடித்து, ஓரமாக நகர்த்தி ஏற்றினார். கேமரா இருப்பதே அவருக்கு மறந்துவிட்டது.

"போதும்," என்றார் நோர்ட்லுண்ட். "இன்னொரு தடவை வேண்டாம்."

பிர்யர் கையைத் தேய்த்துக்கொண்டார். "இப்படியா நசுக்குவீங்க, செல்மான்?"

"விழுந்திருப்பீங்க."

"அட, நான் நடிச்சேங்க!"

"அது எனக்குத் தோணலை," என்றார் அல்கோட். உண்மையைத்தான் சொன்னார்.

பிறகு பதினோரு வருஷம் அவருக்குக் கண் தெரிந்தவர்களின் வேடங்கள் கிடைத்தன. தபால்காரர், வண்டிக்காரர், ஹோட்டல் வாசல் காவலர். பாதிப் படங்களின் பெயர்ப்பட்டியலில் அவர் பெயர் இல்லை.