தவணையில் மாற்றமில்லை

எடைமேடை அக்காவை ஏமாற்றிவிட்டு ஒரு லாரி வெளியே போனதாக இருபத்திரண்டு வருடத்தில் ஒரு பேச்சு கிடையாது. முயன்று பார்க்காத ஓட்டுநரும் கிடையாது. கல் உடைக்கும் ஆலைக்கு ஜல்லி ஏற்ற வரும் லாரி முதலில் வெறுமையாக மேடையில் ஏற வேண்டும். அது காலி எடை. சுமை ஏற்றிக்கொண்டு மறுபடி ஏற வேண்டும். இரண்டாவதில் முதலாவதைக் கழித்தால் சரக்கு. காசு அந்தச் சரக்குக்குத்தான் என்பதால், காலி எடையைக் கூட்டிக் காட்ட மனிதர்கள் செய்யாத வேலையில்லை. தார்ப்பாய்க்கு அடியில் தண்ணீர் பீப்பாய்களை ஒளித்து வந்து, மேடையை விட்டு இறங்கியதும் வேலியோரம் கவிழ்க்கப் பார்ப்பார்கள். ஒருவன் இருக்கைக்குப் பின்னால் தன் மாமனாரையே படுக்க வைத்துக் கொண்டுவந்தான். அக்கா கண்ணாடியைத் தட்டி, "மாமா, இறங்கி வாங்க. உங்க எடைக்கும் சேத்து ஜல்லி தர முடியாது" என்றாள். அந்தப் பேச்சு ஆலைக்குள் பல வருடம் ஓடியது.

பழைய இரும்புக் கடைக்காரர் வேறு ரகம். சொந்த எடைமேடை இல்லாததால் கட்டணம் கட்டி இங்கே எடை போடுவார். அவர் விற்கிறவர், காலி எடை குறைந்தால் அவருக்கு லாபம். அதனால் அவருடைய லாரி வெறுமையாக வரும்போதெல்லாம் பின்சக்கரம் ஒன்று அரையடி மேடைக்கு வெளியே நிற்கும். அக்கா எடை போடும் அறையை விட்டு வெளியே வந்து, இடுப்பில் கைவைத்து நிற்பாள்.

"சக்கரத்தை உள்ள எடுங்கண்ணே."

"அரையடிதானே தங்கச்சி."

"அரையடி வெளிய நிக்கட்டும், சீட்டும் என்கிட்டயே நிக்கட்டும்."

இப்படிப்பட்டவள்தான் பதிமூன்று வருடமாக ஒரே ஒரு எண்ணைப் பார்த்து வீட்டுக்கடன் கட்டிக்கொண்டிருந்தாள். பதினேழாயிரத்து முன்னூற்று ஐம்பத்தாறு. மாதம் ஐந்தாம் தேதி. அது ஒருமுறைகூடத் தவறியதில்லை.

முதலாளி கூப்பிட்டு அனுப்பியது ஒரு திங்கட்கிழமை. கேமரா வைத்த தானியங்கி எடைமேடை வரப்போகிறது, லாரியின் எண்ணை அதுவே படிக்கும், சீட்டை அதுவே துப்பும், அறையில் ஆள் தேவையில்லை என்றார். இத்தனை வருடச் சேவைக்கு ஏழரை லட்சம் தந்து கணக்கு முடிக்கத் தயார். இல்லையென்றால் வாசல் காவலில் பாதிச் சம்பளத்துக்கு நிற்கலாம். வெள்ளிக்கிழமைக்குள் பதில் வேண்டும்.

வேறு ஒருத்தி என்றால் அழுதிருப்பாள். அக்காவுக்கு உள்ளுக்குள் சந்தோஷம். கல்தூசு அவள் நெஞ்சில் குடியேறி ஐந்து வருடமாகிறது. இருமினால் எதிரில் இருப்பவர் பேச்சை நிறுத்திவிடுவார். இந்தத் தூசை விட்டு வெளியேறு என்று மருத்துவர் இரண்டு முறை சொல்லிவிட்டார். கடன்தான் காலைக் கட்டியிருந்தது. இப்போது அவள் மனக்கணக்கு எளிதாக ஓடியது. வாங்கியது இருபது லட்சம், இருபது வருடத்துக்கு. பதிமூன்று போயிற்று, மீதி ஏழு. வருடத்துக்கு ஒரு லட்சம் என்றால் ஏழு லட்சம். ஏழரையில் கடனை முடித்துவிட்டு, மிச்ச ஐம்பதாயிரத்தில் சமையலறைக் கூரையில் ஒழுகும் இடத்தைப் பூசிவிட்டு, ஐம்பத்து மூன்று வயதில் சொந்த வீட்டில் கால் நீட்டி உட்காரலாம்.

செவ்வாய்க்கிழமை அரைநாள் விடுப்பு எடுத்து வங்கிக்குப் போனாள். கடன் பிரிவு அதிகாரி நாற்பது வயதுக்காரர், கழுத்துப்பட்டை கட்டியவர், பேச்சில் தேன். கணினியைத் தட்டிவிட்டு ஒரு தாளை அச்செடுத்துத் திருப்பி வைத்தார்.

"இன்னைக்கு முடிக்கிறதா இருந்தா பதினஞ்சு லட்சத்து ஆறாயிரம் வருது மேடம்."

அக்கா சிரித்தாள். "வேற யாரோட கணக்கையோ பாக்குறீங்க சார்."

அவளுடையதுதான். பெயர் சரி, வீட்டு எண் சரி, தவணைத் தொகை சரி. மீதமுள்ள காலம் என்ற இடத்தில் நூற்று ஐம்பத்தைந்து மாதம் என்று இருந்தது. அதைப் பன்னிரண்டால் வகுக்க அவளுக்குக் கணினி தேவைப்படவில்லை. கிட்டத்தட்ட பதிமூன்று வருடம்.

"பதிமூணு வருஷம் கட்டியாச்சு. இன்னும் பதிமூணு வருஷமா?"

"வட்டி ஏறினதுனால மேடம். நீங்க வாங்கும்போது எட்டரை. நாலாவது வருஷம் பத்தாச்சு. வட்டி ஏறினா தவணையை ஏத்தணும், இல்ல காலத்தை நீட்டணும். வாடிக்கையாளருக்குச் சிரமம் குடுக்கக்கூடாதுன்னு தவணையை ஏத்தாம விட்டோம்."

"சிரமம் குடுக்கக்கூடாதுன்னு ஆறு வருஷம் கூட்டுனீங்க."

"லெட்டர் அனுப்பியிருக்கோம் மேடம்."

அக்கா தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். பிறகு தொழில் பேசுகிற குரலில் கேட்டாள்: "சரி சார். நான் இதுவரைக்கும் கட்டினது இருபத்தேழு லட்சம். அதுல சரக்கு எவ்வளவு, வண்டி எவ்வளவு?"

அதிகாரிக்குப் புரியவில்லை.

"வீட்டுக்குப் போனது எவ்வளவு, வட்டிக்குப் போனது எவ்வளவு?"

அவர் இன்னொரு தாளை எடுத்தார். அசலில் கழிந்தது நான்கு லட்சத்துத் தொண்ணூற்று நான்காயிரம். வட்டி இருபத்திரண்டு லட்சத்துப் பதிமூன்றாயிரம். அவள் கைப்பையில் எப்போதும் சில வெற்று எடைச் சீட்டுகள் கிடக்கும். ஒன்றை எடுத்து, பழக்கமான கட்டங்களில் எழுதினாள். மொத்த எடை: இருபத்தேழு. வண்டி: இருபத்திரண்டு. சரக்கு: ஐந்து. இப்படி ஒரு லாரி தன் மேடையில் ஏறியிருந்தால் இயந்திரம் பழுது என்று ஆளைக் கூப்பிட்டிருப்பாள்.

"முதல் வருஷங்கள்ல எல்லாருக்கும் அப்படித்தான் மேடம். கடன் பெருசா இருக்கும்போது வட்டிதான் முதல்ல போகும், அசல் கடைசியிலதான் கரையும்."

"இப்பவும் பத்துதானா வட்டி?"

அவர் லேசாக இருமினார். "புதுசா வாங்குறவங்களுக்கு மறுபடி எட்டரை வந்திடுச்சு. பழைய கணக்கு தானா மாறாது. சின்னக் கட்டணம் கட்டி விண்ணப்பம் குடுத்தா மாத்திடுவோம். நீங்க கேக்கலையே."

அந்தக் கடைசி வார்த்தையில் அவளுக்கு நெஞ்சுக்குள் ஏதோ பற்றிக்கொண்டது. அவர் ஒருமுறை கத்தியிருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். மேடம், மேடம் என்று நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து, தண்ணீர் வேண்டுமா என்று கேட்டு, ஒரு மனுஷியின் ஆறு வருடத்தை நகத்தழுக்கு போல் எடுத்துப் போட்டுவிட்டு, நீங்க கேக்கலையே என்கிறார். அதோடு விடவுமில்லை. எந்தப் பணத்தில் முடிப்பதாக இருந்தீர்கள் என்று கேட்டு, ஏழரை லட்சம் வரப்போகிறது என்று தெரிந்ததும் அவர் முகத்தில் விளக்கு எரிந்தது. அதை இங்கேயே வைப்புத்தொகையாகப் போட்டுவிடுங்கள், ஆறு சதவிகிதம், தவணை அதிலிருந்தே தானாகப் போய்விடும், நீங்கள் நிம்மதியாக இருக்கலாம் என்றார்.

அக்கா தாள்களை எடுத்துக்கொண்டு எழுந்து வந்தாள். பேருந்தில் வரும்போது பக்கத்து இருக்கைக்காரி இரண்டு முறை திரும்பிப் பார்த்தாள். அவள் வாய்விட்டே திட்டிக்கொண்டு வந்திருக்கிறாள்.

வீட்டில் கணவர் கூடத்து நடுவில் ஒரு மோட்டாரைப் பிரித்துப் போட்டிருந்தார். தண்ணீர் மோட்டார் பழுது பார்ப்பது அவர் தொழில். வங்கியிலிருந்து வரும் கடிதங்களை ஒரு பிஸ்கட் டப்பாவில் போட்டு வைப்பது அவர் பொறுப்பு. அக்கா டப்பாவைக் கவிழ்த்தாள். பத்து வருடக் கடிதங்களைப் புரட்டி, வட்டி ஏறியபோது வந்த, ஓரம் பழுத்த அந்தக் கடிதத்தை எடுத்தாள். மேலே தடித்த எழுத்தில் இருந்தது: மகிழ்ச்சியான செய்தி, உங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை. கீழே, எறும்பு ஊர்ந்தது போன்ற எழுத்தில், மீதமுள்ள காலம் இருநூற்று எழுபத்தைந்து மாதங்கள். அந்த மாதம் அது இருநூற்று நான்காக இருந்திருக்க வேண்டும்.

"இதைப் படிச்சீங்களா?"

"படிச்சேனே. மாற்றமில்லைன்னு போட்டிருந்தான். அப்புறம் என்ன படிக்கிறது?"

"கீழ படிக்கலையா?"

"நீ மட்டும் கையெழுத்துப் போடும்போது கீழ படிச்சியா? நாப்பது தாளு. மாசம் எவ்வளவுன்னு ஒரே கேள்வி கேட்ட. அந்த ஆளு ஒரு நம்பரைச் சுத்தி வட்டம் போட்டான். கட்டிடலாம்னு என்னைப் பாத்துத் தலையாட்டுன."

உண்மை. அதுதான் அவளை அதிகம் எரித்தது. ஊரான் லாரிக்கெல்லாம் இரண்டு எடை பார்த்தவள் தன் வீட்டுக்கு ஒரு எடையோடு நின்றுவிட்டாள். மாமனாரைப் படுக்க வைத்தவனைப் பிடித்தவள் தலையில் நிதானமாக மிளகாய் அரைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள், அதுவும் அவள் கையெழுத்தை வாங்கிக்கொண்டு.

கணவர் திருகாணி ஒன்றைத் துடைத்தபடி மெதுவாகச் சொன்னார்: "அந்த வைப்புத்தொகை யோசனை நல்லாத்தான் இருக்கு. நீயும் வீட்டுல இருக்கலாம். இருமல் குறையும். தவணை அது பாட்டுக்குப் போகும்."

"எத்தனை மாசம் போகும்? ஏழரை லட்சத்தைப் பதினேழாயிரத்தால வகுங்க. வட்டியையும் சேத்தாக்கூட நாலு வருஷம் சொச்சத்துல பணம் காலி. கடன் அப்பவும் பன்னெண்டு லட்சத்துக்கு மேல நிக்கும். என்கிட்ட ஆறுக்கு வாங்கி எனக்கே பத்துக்குக் குடுப்பாங்க. அதுக்கு நான் நிம்மதியா உக்காந்திருக்கணும்."

"அப்ப என்னதான் பண்ணச் சொல்ற?"

அவள் தட்டில் போட்டதை ஆற விட்டுவிட்டு, அதிகாரி தந்த தாளின் பின்பக்கத்தில் கணக்குப் போட்டாள். ஏழரை லட்சத்தை முழுதாக அசலில் போட்டால் கடன் ஏழரைச் சொச்சமாக இறங்கும். வட்டியை எட்டரைக்கு மாற்றினால் முதல் மாத வட்டியே ஐயாயிரத்து முன்னூறுதான்; தவணையில் மிச்சமெல்லாம் வீட்டுக்குப் போகும். மாதம் மாதமாகக் கழித்துக்கொண்டே போனாள். தாள் தீர்ந்தது, கணவர் தன் ரசீதுப் புத்தகத்தைக் கிழித்துக் கொடுத்தார். ஐம்பத்து மூன்றாவது மாதத்தில் கடன் பூஜ்யமானது. நான்கரை வருடத்துக்கும் குறைவு. நூறு தவணைக்கு மேல் மிச்சம்.

ஆனால் அந்த நான்கரை வருடமும் மாதம் பதினேழாயிரம் வர வேண்டும். மோட்டார் வருமானம் சாப்பாட்டுக்கே சரி. கால் நீட்டி உட்காரும் நாள் கையிலிருந்து நழுவிவிட்டது. கல்தூசுக்குள் இருந்தால் ஏழரை லட்சம் கிடையாது. வெளியே போனால் தவணைக்கு வழி கிடையாது.

வியாழக்கிழமை பழைய இரும்புக் கடைக்காரரின் லாரி வந்தது. வழக்கம்போல் பின்சக்கரம் வெளியே. அக்கா அறையை விட்டு வரவில்லை. ஓட்டுநர் இருக்கைக்குப் பக்கத்திலிருந்து கடைக்காரரே இறங்கி வந்து ஜன்னலில் முகம் வைத்தார்.

"என்ன தங்கச்சி, திட்டு இல்ல. உடம்பு சரியில்லையா?"

"சக்கரத்தை எங்க வேணா நிறுத்துங்க. நாளையோட நான் இல்ல."

விஷயத்தைக் கேட்டு அவர் தாடையைச் சொறிந்தார். அவரும் சொந்தமாக மேடை போட்டுவிட்டதாகவும், அடுத்த வாரம் திறப்பதாகவும் சொன்னார். "இத்தனை நாளா நான் விக்கிறவன் மட்டும். இனிமே ஊருல இருக்குற பழைய இரும்பெல்லாம் என் மேடையிலதான் ஏறும். வர்றவன் அத்தனை பேரும் என்னை மாதிரியே இருப்பான். எனக்கு உன்னை மாதிரி ஒரு ஆள் வேணும்."

"தூசு?"

"துருதான். கண்ணாடி அறை, குளிர்சாதனம் போட்டிருக்கேன். மிஷினுக்குத்தான் போட்டேன், நீயும் உக்காந்துக்க. சம்பளம் இங்க வாங்குறதைவிட ரெண்டாயிரம் கம்மி."

"கம்மி இல்லண்ணே. அதே சம்பளம். ரெண்டாயிரம் உங்க அரையடியில நான் எத்தனை தடவை காப்பாத்தியிருக்கேன்னு உங்ககிட்ட இரும்பு வாங்கினவனைக் கேளுங்க."

அவர் அரை நிமிடம் முனகிவிட்டு ஒப்புக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை முதலாளியிடம் கையெழுத்துப் போட்டாள், மூன்று தாளையும் கடைசி வரி வரை படித்துவிட்டு. அவர் இரண்டு முறை கடிகாரத்தைப் பார்த்தார். பார்க்கட்டும் என்று இரண்டாவது முறையும் படித்தாள்.

பணம் கைக்கு வந்த அன்று கணவரையும் கூட்டிக்கொண்டு வங்கிக்குப் போனாள். அதிகாரி வைப்புத்தொகைப் படிவத்தை எடுத்தார். வேண்டாம், அசலில் போட வேண்டும், வட்டியையும் மாற்ற வேண்டும் என்றாள். அவர் முகத்தில் விளக்கு அணைந்தது. வேறொரு படிவத்தை நீட்டினார். அதில் இரண்டு கட்டங்கள். தவணையைக் குறைக்க, காலத்தைக் குறைக்க. முதல் கட்டத்தில் பென்சிலால் ஏற்கெனவே குறி போட்டிருந்தது.

"இதை யாரு போட்டது?"

"எல்லாரும் தவணை குறையணும்னுதான் கேப்பாங்க மேடம். உங்களுக்கும் பாதியா குறையும். கைக்கு லேசா இருக்கும்."

"லேசா இருக்கும். பதிமூணு வருஷமும் இருக்கும்." அவள் ரப்பரைக் கேட்டு வாங்கி, பென்சில் குறியைத் தாள் நைந்துபோகும்வரை அழித்தாள். இரண்டாவது கட்டத்தில் பேனாவால் குறி போட்டாள். "ஐம்பத்து மூணு மாசம்னு எழுதி, கையெழுத்துப் போட்டு, முத்திரை வச்சுக் குடுங்க சார்."

"சிஸ்டத்துல வந்துரும் மேடம். லெட்டர் வரும்."

"உங்க லெட்டர் ஒண்ணு பிஸ்கட் டப்பாவுல இருக்கு. எடுத்துட்டு வரட்டுமா?"

கணவர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அக்கா நின்றபடியே இருந்தாள். பின்னால் வரிசையில் நின்றவர்களில் ஒருவர் எட்டிப் பார்த்து, "அப்படி ஒரு லெட்டர் எனக்கும் வந்துச்சே, அதுல என்ன இருந்தது?" என்று கேட்டார். "கீழ படிங்க," என்று அக்கா திரும்பாமலே சொன்னாள். அதிகாரி அவசரமாக முத்திரையைத் தேடினார்.

இரும்புக் கடையின் கண்ணாடி அறையில், எடை காட்டும் பலகைக்குப் பக்கத்தில், முத்திரை வைத்த அந்தத் தாளை ஒட்டி வைத்திருக்கிறாள். மாதம் ஒன்றுக்கு ஒரு கோடு. இதுவரை ஏழு கோடு விழுந்திருக்கிறது. இருமல் குறைந்திருக்கிறது, கோபம் குறையவில்லை. ஒவ்வொரு கோடு போடும்போதும், கேக்கலையே என்ற குரல் காதில் விழும். கோடு கொஞ்சம் ஆழமாகவே விழும்.

ஏழாவது மாதம் ஐந்தாம் தேதி, கோடு போட்டுவிட்டு நிமிர்ந்தபோது, பழைய கம்பிகளை இறக்கிவிட்டு வெறுமையாகத் திரும்பிய லாரி ஒன்று மேடையில் ஏறி நின்றது. பின்சக்கரம் அரையடி வெளியே. ஓட்டுநர் வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். அக்கா கதவைத் திறந்து வெளியே வந்து, இடுப்பில் கைவைத்து நின்றாள்.

"உள்ள எடு," என்றாள்.