கோயிலுக்குள் புகுந்த முறுக்குப் பாட்டு

யுத்தம் ஆரம்பிப்பதற்கு முந்தின வருஷம், திருச்சி புத்தூரில் நடந்தது இது. அப்போது எனக்குப் பத்தொன்பது வயது. நாலாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டது. நானும் அதை விட்டேன். மணப்பாறையிலிருந்து என் அத்தை காலை ரயிலில் முறுக்கு அனுப்புவாள். அதைத் தகர டின்னில் அடுக்கித் தோளில் ஏற்றிக்கொண்டு மெயின் கார்டு கேட், பெரிய கடை வீதி, தெப்பக்குளம் என்று சுற்றுவேன். மத்தியானத்துக்கு மேல் காவேரிப் பாலம் தாண்டி ஸ்ரீரங்கம். சாயங்காலத்துக்குள் டின் காலியாகிவிடும். வாய்தான் காலியாகாது. எதிரே வருகிறவர் குடை பிடித்தால் ஒரு கிண்டல், பிடிக்காவிட்டால் இன்னொரு கிண்டல்.

எங்கள் சந்தில் நாலாவது வீட்டில் ஒரு டிராயிங் மாஸ்டர் இருந்தார். ஐம்பது வயதிருக்கும். கிறிஸ்தவ சபையில் வேதம் சொல்லிக்கொடுத்த உபதேசியார் ஒருவரின் பிள்ளை. பதினாறு வயதில் நாடகக் கம்பெனியோடு ஓடிப்போனவர். அங்கே அரண்மனை, நந்தவனம், காடு என்று திரைச்சீலை எழுதினார். ஆர்மோனியக்காரருக்குக் காய்ச்சல் வந்த ஒரு நாள் அந்தப் பெட்டியிலும் கை வைத்தார். வைத்த கையை எடுக்கவே இல்லை. ஊர் ஊராகப் பத்து வருஷம் சுற்றிவிட்டுத் திரும்பி வந்து, பிள்ளைகளுக்குப் பூசணிக்காய் வரையச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தார். வீட்டில் ஒரு டிரங்குப் பெட்டி. அதில் அவரே கட்டிய கீர்த்தனைகள் அறுபதாவது இருக்கும். எல்லாம் ஆண்டவர் பேரில். ஆனால் ஒன்றைக்கூட எங்கள் கோயிலில் பாடியதில்லை.

காரணம், கோயிலில் ஆர்கன் வாசித்த பெரியவர். வெள்ளைக்காரர் மெட்டில் வந்தால்தான் அவருக்குப் பாட்டு. மாஸ்டர் பாட்டைப் பற்றிப் பேச்சு வந்தாலே, "அது டிராமா மெட்டுங்க, விசில் அடிக்கத்தான் லாயக்கு" என்பார். அவருக்கு முன்பல் மேல்வரிசையில் மூன்று கிடையாது. அதனால் அவர் 'விசில்' என்று சொல்லும்போதே விசில் வந்துவிடும். நான் விடுவேனா? சந்தில் அவர் தலை தெரிந்தாலே, "ரயில் வந்துருச்சு, ரயில் வந்துருச்சு" என்பேன்.

அந்த வருஷம் புதுப் போதகர் வந்தார். மாஸ்டர் போய்க் கேட்டதும், தை மாசத்து அறுப்பின் பண்டிகைக்கு ஒரே ஒரு பாட்டு வைக்கலாம் என்றார். "ஆனா கச்சேரி வேண்டாங்க. நீங்க பாடி நாங்க கேக்குறது இல்ல. சபை பாடணும்" என்று சொல்லிவிட்டார்.

சபைக்கு யார் சொல்லிக்கொடுப்பது? பாடகர் குழு ஆர்கன்காரர் கையில் இருந்தது. அவர் மாட்டேன் என்றுவிட்டார். மாஸ்டர் வெள்ளிக்கிழமைதோறும் தன் வீட்டிலேயே பயிற்சி வைத்தார். மூன்று பேர் வந்தார்கள். அதில் ஒருவருக்குக் காது கேட்காது.

மாஸ்டர் பாட்டுக் கட்டுகிற விதமே தனி. முதலில் படம் போடுவார். குனிந்த நெற்கதிர், நீட்டிய கை, சிட்டுக்குருவி என்று அடிக்கு ஒரு படம். எங்கள் சபையில் பாதிப் பேருக்கு எழுத்துத் தெரியாது. படத்தைப் பார்த்துப் பாடட்டும் என்று. அப்புறம் மெட்டு. வார்த்தை கடைசியில்தான் வரும். அதனால் அந்த வருஷம் ஐப்பசி முழுக்க, விடிந்ததும் அவர் ஜன்னலிலிருந்து ஆர்மோனியமும் 'தன்னன்னா'வும் மட்டும் வந்துகொண்டே இருந்தன. ஒரே மூன்று அடி. ஐம்பது தடவை. டின் அடுக்குகிற நேரத்தில் அது என் காதில் ஏறி உட்கார்ந்துகொண்டது. இறங்கச் சொன்னால் இறங்கவில்லை. சரி, சும்மா இருக்கிற மெட்டுக்கு வேலை கொடுப்போம் என்று நானே வார்த்தை போட்டேன்:

"மொறுமொறு முறுக்கே மொறுமொறு முறுக்கே
கடிக்கிற பல்லுக்குப் பரிசல்லவோ
பொக்கை வாயருக்கும் பொடித்துத் தருவேன்…"

மூன்றாவது அடி யாருக்காக என்று சொல்ல வேண்டியதில்லை.

பாட்டுப் பிடித்துக்கொண்டது. குதிரை வண்டிக்காரர்கள் பாடினார்கள். தெப்பக்குளத்துப் பழக்கடையில் பாடினார்கள். பெரிய கடை வீதி வளையல் கடை பாய், நான் வருவதற்கு முன்பே அவர் கடையிலிருந்து முதல் அடி எடுத்துக் கொடுப்பார்.

ஒரு சனிக்கிழமை ஸ்ரீரங்கத்தில் மொட்டைக் கோபுர வாசலில் நின்று இதை நீட்டி முழக்கிக்கொண்டிருந்தேன். எதிரே மாஸ்டர்! சனிக்கிழமைகளில் அங்கே ஒரு நாகஸ்வர வித்வான் வீட்டுக்கு ராக சந்தேகம் கேட்க அவர் வருவது எனக்குத் தெரியாது. டின்னை இறக்கி வைத்து, ஓடுவதற்கு வசதியாக ஒரு காலைப் பின்னால் வைத்துக்கொண்டேன்.

"ரெண்டு முறுக்கு குடு தம்பி."

கொடுத்தேன். ஒன்றைக் கடித்து, முழுசாக மென்று முடித்தார்.

"அந்த மூணாவது அடி இருக்கே, அதுல நீ பாதி ஏறிட்டு இறங்கிடுறே. 'பொடித்து'ல இன்னும் ஒரு படி மேல போகணும். எங்க, பாடு."

"கோவம் இல்லீங்களா மாஸ்டர்?"

"கோவம் அப்புறம். மொதல்ல ஏறு."

பூக்கட்டுகிற பெண்கள் பார்த்துக்கொண்டிருக்க, நாலு தடவை பாட வைத்தார். நாலாவது தடவை ஏறிவிட்டது. "இப்ப நல்லா இருக்குப்பா" என்று ஒரு பூக்காரம்மா சர்ட்டிபிகேட் கொடுத்தாள். மாஸ்டர் மிச்ச முறுக்கைத் துண்டில் முடிந்துகொண்டு போய்விட்டார். கோபம் அப்புறமும் வரவில்லை.

வந்தது ஆர்கன்காரருக்குத்தான். பண்டிகைக்கு இரண்டு வாரம் இருக்கும்போது, ஞாயிறு ஆராதனை முடிந்ததும் போதகர் வீட்டு வராந்தாவுக்கு என்னையும் மாஸ்டரையும் கூப்பிட்டு விட்டார்கள்.

"கேளுங்கய்யா. இவர் பண்டிகைக்குன்னு வச்சிருக்கிற மெட்டுல இவன் முறுக்கு விக்கிறான். நேத்து என் காதால கேட்டேன். அதுலயும் பொக்கை வாயருக்கும்னு வர்றப்ப என்னையே பார்த்துப் பாடுறான்!" என்றார் ஆர்கன்காரர்.

போதகர் என்னைப் பார்த்தார். "பாடுனியாப்பா?"

"பாடுனேங்க. ஆனா அவரைப் பார்த்துப் பாடலீங்க. நான் பார்த்த பக்கம் அவர் நின்னாருங்க."

"பாத்தீங்களா, பாத்தீங்களா இந்த வாயை! இந்த மெட்டை ஆராதனையில எடுத்தா சனங்க ஆமென் சொல்லாதுங்கய்யா, அரைப்படி முறுக்கு கேக்கும்."

போதகர் மீசைக்குள் வந்த சிரிப்பைத் துடைத்துக்கொண்டு, "மெட்டை மாத்திட முடியுமா மாஸ்டர்?" என்றார்.

"முடியாதுங்க. இப்பதான் வார்த்தை வந்து உக்காந்திருக்கு. எழுப்பினா போயிரும்."

போதகர் எழுந்தார். "சரி, பாடுங்க. ஆனா சபை சிரிச்சுதுன்னா அதோட சரி. அப்புறம் நானே ஆசைப்பட்டாலும் உங்க பாட்டை இங்க வைக்க முடியாது. புரியுதுங்களா?"

"புரியுதுங்க."

மாஸ்டரோடு திரும்பி நடந்தேன். சாயக் கறை படிந்த அவர் விரல்கள் வேட்டி மடிப்பில் ஆர்மோனியம் வாசித்துக்கொண்டே வந்தன. அந்த விரல்களைப் பார்த்ததும்தான் எனக்குப் புரிந்தது. அந்த மனுஷர் வயசெல்லாம் சேர்த்து வைத்த அறுபது பாட்டு, என் முறுக்கு டின்னுக்குள் மாட்டிக்கொண்டுவிட்டது.

"நாளையிலேருந்து பாட மாட்டேன் மாஸ்டர்."

"உன் இஷ்டம் தம்பி" என்றார். அவ்வளவுதான்.

நான் நிறுத்தினேன். ஊர் நிறுத்தவில்லை. சந்துப் பிள்ளைகளைக் கூப்பிட்டு, "இனிமே பாடாதீங்கடா, ஆளுக்கு ஒரு முறுக்கு தர்றேன்" என்றேன். பாடாமல் இருந்தால் முறுக்கு கிடைக்கும் என்று தெரிந்ததும், அதுவரை பாடாத பிள்ளைகளும் வந்து என் வாசலில் பாட ஆரம்பித்துவிட்டார்கள். வளையல் கடை பாயிடம் போய்க் கெஞ்சினேன். "யா அல்லா, நீ பாடலைன்னா எனக்குப் பதினொரு மணின்னு எப்படித் தெரியும்?" என்று சிரித்தார். வண்டிக்காரர்களிடம் கேட்கவே இல்லை. கேட்டிருந்தால் குதிரைக்கும் சொல்லிக்கொடுத்திருப்பார்கள்.

பண்டிகை ஞாயிறு வந்தது. கோயில் வாசலில் வாழைமரம். உள்ளே பீடத்துக்கு முன்னால் நெற்கதிர்க் கட்டு, பூசணிக்காய், கரும்பு, காலைக் கட்டிப் போட்ட சேவல். அவரவர் விளைச்சலில் முதல் பங்கைக் கொண்டுவந்து படைப்பது வழக்கம். எனக்கு ஏது வயல்? ஒரு தாம்பாளம் நிறைய முறுக்கு கொண்டுபோய் வைத்துவிட்டு, கடைசி வரிசையில் கதவுப் பக்கமாக உட்கார்ந்தேன். உட்கார்ந்த பிறகுதான் உறைத்தது. எல்லாருக்கும் எதிரே, கோபுரம் மாதிரி, முறுக்கு! என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும்.

மாஸ்டர் வெள்ளை ஜிப்பாவோடு ஆர்மோனியத்தின் முன்னால் உட்கார்ந்தார். பின்னால் அவர் எழுதிய பெரிய துணியைக் கட்டித் தொங்கவிட்டார்கள். மஞ்சள் கதிர், நீட்டிய கை, பழுப்புச் சிட்டுக்குருவி. ஒவ்வொரு படத்துக்கும் கீழே கொட்டை எழுத்தில் அந்த அடி. ஆர்கன்காரர் கையைக் கட்டிக்கொண்டு முகட்டைப் பார்த்தார்.

"விளைந்தது வயலே விளைந்தது வயலே…"

தனியாகத்தான் ஆரம்பித்தார். பெண்கள் பக்கம் இரண்டு தோள்கள் குலுங்கின. ஆண்கள் பக்கம் ஒரு இருமல். இருமல் இல்லை அது.

"விதைத்தது உமது கரமல்லவோ…"

"அம்மா, முறுக்குப் பாட்டு!" என்று முன்வரிசையிலிருந்து ஒரு பிள்ளை கத்திவிட்டது. தாம்பாளத்தைக் கை நீட்டி வேறு காட்டியது.

அடக்கி வைத்திருந்ததெல்லாம் உடைந்தது. கோயிலே சிரித்தது. போதகர் தலையைக் குனிந்துகொண்டார். மாஸ்டரின் குரல் நின்றுவிட்டது. விரல் மட்டும் நிற்கவில்லை. ஆர்மோனியம் பாட ஆளில்லாமல் மூன்றாவது அடிக்குப் போய்க்கொண்டிருந்தது.

நான் ஓடத்தான் எழுந்தேன். சத்தியமாக. ஆனால் எழுந்ததும் எதிரே அந்தச் சிட்டுக்குருவி. அதன் கீழே எழுத்து. மெட்டு அந்த இடத்துக்கு வந்ததும் என் வாய் என்னைக் கேட்காமல் திறந்துகொண்டது. தெரு முனைக்குக் கேட்கும்படி கூவுகிற என் வியாபாரக் குரலில்,

"சிட்டுக் குருவிக்கும் பசியறிந்தீரே…"

மேல்படி வரைக்கும் ஏறினேன். இறங்கவில்லை.

அத்தனை தலையும் திரும்பியது. மாஸ்டர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். தலையை ஒருதரம் ஆட்டிவிட்டு, முதலடியை மறுபடியும் எடுத்தார். எழுத்துக் கூட்டிப் படிக்கவே எனக்குப் பாதி நாள் ஆகும். அன்றைக்கு மெட்டு இழுத்த இழுப்பில் எழுத்தெல்லாம் என்னோடு ஓடி வந்தன. இரண்டாவது அடியில், கத்தின பிள்ளையின் அம்மா சேர்ந்துகொண்டாள். அப்புறம் அவள் வரிசை. அப்புறம் ஆண்கள் பக்கம். சிரித்த வாயை யாரும் மூடவில்லை. அப்படியே பாட ஆரம்பித்துவிட்டார்கள். மெட்டை யாரும் தேட வேண்டியிருக்கவில்லை; இரண்டு மாசமாக அவரவர் தொண்டையிலேயே இருந்தது. வார்த்தைதான் பாக்கி, அது கண்ணுக்கு எதிரே தொங்கியது. எழுத்துத் தெரியாதவர்கள் குருவியைப் பார்த்துப் பாடினார்கள்.

மூன்று சுற்று வந்தது. கட்டிப் போட்ட சேவலும் நடுவே கூவிப் பார்த்தது. மூன்றாவது சுற்றில் 'சிட்டுக் குருவி' வந்தபோது, ஆர்கன் பக்கமிருந்து வந்த ஒரு 'சி'யில் மட்டும் காற்றுக் கொஞ்சம் கூடுதலாகக் கேட்டது. திரும்பிப் பார்த்தேன். பெரியவர் கண்ணை மூடிக்கொண்டு பாடிக்கொண்டிருந்தார்.

முடிந்ததும் போதகர் கேட்டது ஒன்றே ஒன்று. "அடுத்த பாட்டு எப்போ மாஸ்டர்?"

எல்லாரும் போன பிறகு, துணியைச் சுருட்டிக்கொண்டிருந்த மாஸ்டரிடம் போய் நின்றேன். "மன்னிச்சுருங்க மாஸ்டர்."

"எதுக்கு? நான் கூப்பிட்டு மூணு பேர் வந்தாங்க. நீ திருச்சி, ஸ்ரீரங்கம் ரெண்டுக்கும் சொல்லிக் குடுத்திருக்கே. அந்த நுனியைப் பிடி." பிடித்தேன். பாதி சுருட்டியதும் சொன்னார்: "ஆனா ரெண்டாவது அடியில அவசரப்பட்டுட்டே."

அடுத்த வருஷம் அவர் பாட்டுகள் சின்னப் புஸ்தகமாக அச்சாகி வந்தன. அட்டையில் அவர் வரைந்த சிட்டுக்குருவி. எனக்கு ஒன்று கொடுத்தார். எங்கள் கீர்த்தனைப் புஸ்தகங்களில் ஒவ்வொரு பாட்டின் தலையிலும் ராகமும் தாளமும் போட்டு, ஊருக்குத் தெரிந்த எந்தப் பாட்டின் மெட்டு என்பதையும் போடுவார்கள். அறுப்பின் பண்டிகைப் பாட்டைத் தேடி எடுத்தேன். 'செஞ்சுருட்டி. ஆதி.' அதன் கீழே, 'மெட்டு: மொறுமொறு முறுக்கே.'

நான் அச்சில் பார்த்த என்னுடைய முதல் வார்த்தை அதுதான்.

"என்ன மாஸ்டர் இது? வேத புஸ்தகத்துக்குப் பக்கத்துல வைக்கிற புஸ்தகத்துல முறுக்கு!" என்று ஆர்கன்காரர் சண்டைக்கு வந்தார்.

"எது முன்னாடி பொறந்துச்சோ அதைத்தானே போடணும்? நான் வார்த்தை தேடிக்கிட்டிருந்தப்ப இது முறுக்குப் பாட்டாத்தான் இருந்துச்சு" என்று மாஸ்டர் அமைதியாகச் சொன்னார்.

இப்போது ஒவ்வொரு தை மாசமும் அந்தப் பாட்டு இல்லாமல் எங்கள் பண்டிகை இல்லை. பக்கத்து ஊர்ச் சபைகளிலும் கேட்டு வாங்கிப் பாடுகிறார்கள். மாஸ்டர் வீட்டு வெள்ளிக்கிழமைப் பயிற்சிக்கு உட்கார இடம் போதவில்லை. நான் வாசற்படி ஓரத்தில் முறுக்கு டின் மேல் உட்கார்ந்துதான் பாடுகிறேன். காது கேட்காதவர் மட்டும் அவருடைய பழைய இடத்தை யாருக்கும் விடுவதில்லை.

கிண்டலை நான் விடவில்லை, விடவும் முடியாது. ஆனால் வாயைத் திறப்பதற்கு முன்னால், வேட்டி மடிப்பில் வாசித்துக்கொண்டு வந்த அந்த விரல்கள் ஒரு நிமிஷம் கண்ணில் வந்து நிற்கின்றன, அப்புறம்தான் சுருதி தப்பாமல் கிண்டல் செய்கிறேன்.