வெள்ளைக் கோட்டில் பூட்ஸ் பாலிஷ்

சலவைக் கடையில் எல்லோரும் அவளைக் கறைக்காரம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். இருபத்தாறு வருடமாகக் கறை எடுக்கிறாள். பூட்ஸ் பாலிஷ் என்றால் மற்றவர்கள் தொடவே பயப்படுவார்கள். அவசரக்குடுக்கைகள் வெந்நீரில் முக்கி எடுப்பார்கள். பாலிஷில் இருக்கும் மெழுகு உருகி நூலுக்குள் இறங்கிவிடும், அப்புறம் கடவுளே வந்தாலும் போகாது. இவளோ மொட்டைக் கத்தியால் மேலாகச் சுரண்டுவாள். துணியைக் கவிழ்த்து, அடியில் வெள்ளைத் துணி வைத்து, பின்பக்கமாக டர்பன்டைனை ஒற்றி ஒற்றி எடுப்பாள். கறை இருந்த இடமே தெரியாது.

மருமகன் ஒரு கிடங்கில் காவலாளி. பூட்ஸில் முகம் தெரிந்தால்தான் துரை வேலைக்குப் போவார். கல்யாணமான நாலாம் மாதமே மகளின் சட்டையில் பாலிஷ் கறை வர ஆரம்பித்தது. "அலமாரியில உரசிட்டேம்மா" என்பாள் மகள். உரசினால் இழுவிக்கொண்டு போகும். இதுவோ நடு முதுகில், குதிகால் அகலத்துக்கு, அரைவட்டமாக இருந்தது. மூன்றாவது சட்டையிலேயே அவளுக்கு விளங்கிவிட்டது. விளங்கி என்ன கிழித்தாள்? கறையை எடுத்துக் கொடுத்தாள்! "கொஞ்சம் அனுசரிச்சுப் போடி" என்று புத்திமதி வேறு. நாலு பேர் வாய்க்குப் பயந்தாள். அப்படிப் பதினொரு சட்டைகளை வெளுத்துத் தந்தாள்.

பன்னிரண்டாவது தடவை மகளுக்கு இரண்டு விலா எலும்பு முறிந்தது. காலையில் பின்கதவு வழியாகக் கடைக்குள் வந்தாள். உதடு பிளந்து, ஒரு கண் வீங்கி மூடியிருந்தது. கையிலிருந்த பையை மேசையில் வைத்தாள்.

"நேத்து போட்டிருந்த சட்டைம்மா. பத்திரமா வெச்சிரு. போலீஸ்ல காட்டணும்."

இஸ்திரி போடுகிறவள் அவளைத் தாங்கிப் பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போனாள். கறைக்காரம்மா சட்டையை வெளியே எடுத்தாள். முதுகில் குதிகால் தடம் அச்சாக இருந்தது. "நாசமாப் போறவனே, உன் கால் அழுகிப் போக!" என்று வாய் சபித்துக்கொண்டே இருந்தது. கை அதுபாட்டுக்குக் கத்தியை எடுத்தது, டர்பன்டைனை எடுத்தது, ஒற்றியது. சுயநினைவு வந்து பார்த்தபோது சட்டை பளிச்சென்று இருந்தது. அடிப்பாவி என்று தன் தலையில் தானே அடித்துக்கொண்டாள்.

ஸ்டேஷனில் போலீஸ் அம்மா சட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "இதுல என்னம்மா இருக்கு? அவ படியில உருண்டு விழுந்ததா உன் மருமகன் சொல்றான். அவன் உதைச்சதைப் பார்த்தவங்க யாராவது உண்டா?"

யாரும் இல்லை. வெளியே வந்ததும் மகள், "நீயே அழிச்சுட்டியேம்மா. இனி அங்க போனா நான் பொணமாத்தான் வருவேன்" என்றாள். அம்மாவால் அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

மத்தியானமே மருமகன் கடைக்கு வந்துவிட்டான். கடை நிறைய வாடிக்கையாளர்கள். மகளை இஸ்திரி அறைக்குள் தள்ளித் தாழ்போட்டுவிட்டு, கடையின் வெள்ளைக் கோட்டோடு கதவை மறித்து நின்றாள் கறைக்காரம்மா.

"வழிய விடுங்க அத்தை. என் பொண்டாட்டி, நான் கூட்டிட்டுப் போறேன்."

அவள் குனிந்து அவன் பூட்ஸைப் பார்த்தாள். அப்போதுதான் பாலிஷ் போட்டிருந்தான். ஈரம்கூடக் காயவில்லை. அவளுக்கு ஒரு எண்ணம் வந்தது. வாயைத் திறந்தாள்.

"ஏண்டா, பொம்பளை முதுகைக் கண்டாதான் உனக்குக் கால் எழும்புமா? கிடங்குல திருடன் வந்தப்போ கக்கூஸ்ல ஒளிஞ்ச வீரன்தானே நீ!"

கடையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அவன் விட்ட அறையில் அவள் வாய் கிழிந்தது. ரத்தத்தைத் துப்பிவிட்டு, "இவ்வளவுதானாடா?" என்றாள். அவன் காலைத் தூக்கி அவள் நெஞ்சில் ஒரே உதை உதைத்தான். கதவில் மோதிக் கீழே சரிந்தாள். விழுந்தவளை விலாவில் மறுபடியும் உதைத்தான், ஏதோ முறிகிற சத்தம் அவளுக்கே கேட்டது. மூன்றாவது உதைக்குக் கால் ஓங்கியபோது இஸ்திரி போடுகிறவள் கொதிக்கிற இஸ்திரிப் பெட்டியை அவன் முழங்கையில் வைத்து அழுத்தினாள். தோல் பொசுங்கி அவன் மாடு மாதிரி கத்தினான். நாலு பேர் பாய்ந்து அவனைத் தரையோடு அமுக்கினார்கள்.

முதலாளி பதறிக்கொண்டு ஓடி வந்தார். வந்தவர் கையில் பஞ்சும் டர்பன்டைனும்! "கோட்டைக் கழட்டும்மா, காயறதுக்குள்ள எடுத்துடலாம்."

"இதுமேல கை வெச்சீங்கன்னா விரலை ஒடிச்சுடுவேன்" என்றாள் தரையில் கிடந்தபடியே.

அந்தக் கோட்டோடுதான் ஸ்டேஷனுக்குப் போனாள். நெஞ்சில் ஒன்று, விலாவில் ஒன்று, இரண்டு தடமும் கறுப்பாக அப்பியிருந்தன. கூடவே கடை ஆட்கள் ஏழு பேர் சாட்சி சொல்ல வந்திருந்தார்கள். போலீஸ் அம்மா பேனாவைத் திறந்தாள்.

"பன்னிரண்டு சட்டையையும் நான்தான் வெளுத்தேன். முதல்ல அதை எழுதுங்க" என்றாள் கறைக்காரம்மா.

மகள் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். அம்மாவுக்கு மூச்சு விட்டால் விலாவில் கத்தி செருகியது.

"ஒவ்வொரு தடவையும் இப்படித்தான் வலிச்சுதாடி?"

"ஆமாம்மா" என்றாள் மகள்.